அருவியைப் பார்க்காதவர்களின் அலுவலகம்

ஊருக்கு வடக்கே பதினெட்டு மைல் தள்ளி ஓர் அருவி இருந்தது. அது பாட்டுக்கு விழுந்துகொண்டிருந்தது. யாரிடமும் மனுப் போடவில்லை, யாரிடமும் கையெழுத்து வாங்கவில்லை. அனுமதியில்லாமல் இப்படி ஒரு காரியம் அன்றாடம் நடந்தால் அரசாங்கம் கையைக் கட்டிக்கொண்டு சும்மா இருக்குமா? வழிகாட்டியுடன் கூடிய ஒருநாள் சுற்றுலா என்று ஒரு பேருந்தை விட்டது. காலை எட்டு மணிக்குப் புறப்பாடு, வழியில் ஆறு கோயில், மாலை ஐந்துக்குத் திரும்புதல், கையில் சிவப்புக் கொடியோடு ஒரு வழிகாட்டி.

போய்வந்த ஒரு புண்ணியவான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். 'இந்தச் சுற்றுலா போவதால் பயன் உண்டா?' என்று ஒரு தபால் அட்டையில் கேட்டு எழுதிவிட்டான். அதற்குப் பதில் சொல்ல ஒரு தனிப் பிரிவே தொடங்கினார்கள். பயன் ஆய்வுப் பிரிவு என்று பெயர். இரண்டாம் மாடி, ஏழு மேசை, மூன்று மின்விசிறி, அதில் ஒன்று சுற்றும். தபால் அட்டைக்காரன் காலமாகி ஒன்பது வருஷம் ஆகிவிட்டது. கேள்வி மட்டும் நல்ல ஆரோக்கியத்தோடு இருந்தது.

அந்தப் பிரிவின் தலைமை எழுத்தர்தான் நம் கதாநாயகர். மனிதர் தங்கமானவர். ஒரு தகுதி அவருக்குப் பிறவியிலேயே அமைந்திருந்தது. அவர் அருவியைப் பார்த்ததே இல்லை.

அது என்ன பெரிய தகுதி என்று கேட்டுவிடாதீர்கள், இயக்குநர் வருத்தப்படுவார். பிரிவு தொடங்கிய புதிதில் இருந்த அதிகாரி ஒருவர் அவசரப்பட்டு அருவியைப் போய்ப் பார்த்துவிட்டு வந்து, 'அழகாக இருக்கிறது' என்று கோப்பில் எழுதிவிட்டார். தணிக்கைக்காரர்கள் விடுவார்களா? அழகு எத்தனை அடி, யார் அளந்தது என்று பிடித்துக்கொண்டார்கள். அன்று பிறந்ததுதான் காணாமை விதி. திருட்டைக் கண்ணால் பார்த்த நீதிபதி சாட்சிக் கூண்டில் நிற்கலாமே தவிர தீர்ப்புச் சொல்ல முடியாது. அதே போல அருவியைப் பார்த்தவன் அருவியைப் பற்றி நடுநிலையாகச் சொல்ல முடியாது. ஆகவே, பிரிவில் பணிபுரிவோர் மேற்படி அருவியைக் கண்டிருக்கலாகாது. மாதத்தின் முதல் திங்கட்கிழமை எல்லோரும் வரிசையாக நின்று அப்படிச் சத்தியம் செய்ய வேண்டும்.

விதியை ஒழுங்காகத்தான் கடைப்பிடித்தார்கள். மழை ஓய்ந்த நாட்களில் வடக்கு ஜன்னல் வழியே மலையில் ஒரு வெள்ளைக் கோடு தெரிகிறது என்று ஒருவர் புகார் செய்ததால் கண்ணாடிக்குப் பச்சை வண்ணம் அடித்தார்கள். சுவர்க் காலண்டரில் ஜூன் மாதப் படம் அருவி என்பதால் அந்த ஆண்டு ஜூன் மாதத்தையே கிழித்துவிட்டார்கள். அந்த மாதச் சம்பளம் பத்து நாள் தாமதமாக வந்ததற்கு அதுதான் காரணம் என்று இன்றைக்கும் சொல்வார்கள்.

பார்க்காமல் எப்படி ஆய்வு செய்வது? அதற்குத்தான் தலைமை எழுத்தர் ஒரு படிவம் தயாரித்திருந்தார். நாற்பத்திரண்டு கேள்விகள். சுற்றுலா போகிறவர்கள் நிரப்பித் தர வேண்டும். 'அருவியின் ஓசை உரையாடலுக்கு இடையூறாக இருந்ததா?' என்ற பதினேழாம் கேள்வியை இயக்குநர் இரண்டு முறை படித்துப் பாராட்டியிருக்கிறார். இந்த இயக்குநருக்கு அலுவலகத்தில் மேற்படியார் என்று பெயர். வீட்டில் சட்னி கேட்கும்போதும் 'மேற்படியை இன்னும் கொஞ்சம்' என்பார் என்று கேள்வி.

இப்போது விஷயத்துக்கு வருவோம். கண்காணிப்பாளர் நாற்காலி காலியாயிற்று. மூப்பு வரிசையில் தலைமை எழுத்தர்தான் முதல் ஆள். திங்கட்கிழமை சத்தியம், செவ்வாய்க்கிழமை ஆணை. இந்த நேரம் பார்த்து அவர் மனைவி அருவிச் சுற்றுலாவுக்கு இரண்டு சீட்டு வாங்கிக்கொண்டு வந்து வீட்டு மேசைமேல் வைத்தாள்.

அவள் மேல் தப்புச் சொல்ல முடியாது. கல்யாணமான முதல் வாரமே அருவிக்குப் போகலாமா என்று கேட்டாள். பயன் உண்டா என்று தெரியட்டும், அப்புறம் போவோம் என்று சொன்னார் மாப்பிள்ளை. பத்தொன்பது வருஷம் ஓடிவிட்டது. பல் டாக்டரிடம் உதவியாளராக இருக்கிறவள். பொறுமையாகக் காத்திருப்பது எப்படி என்று அவளுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

"இந்த ஒரு வாரம் பொறுத்துக்கோயேன். நாற்காலி கைக்கு வரட்டும்."

"வந்தப்புறம் கூட்டிட்டுப் போவீங்களா?"

"வந்தப்புறம் எப்படிப் போறது? கண்காணிப்பாளர் சட்டுனு பார்த்துட முடியுமா?"

அவள் ஒரு சீட்டை எடுத்துக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டாள். இன்னொன்றை மேசையிலேயே விட்டுவிட்டுப் புதன்கிழமை லீவு போட்டுத் தனியாகவே கிளம்பிப் போனாள்.

அலுவலகத்தில் செய்தி பரவ எவ்வளவு நேரம் ஆகும்? வியாழக்கிழமை பத்தரைக்குள் ஒரு சுற்றறிக்கை வந்துவிட்டது. கண்டவரோடு ஒரே கூரையின்கீழ் வசிப்பவர், அவர் வாயால் மேற்படி அருவியைப் பற்றிக் கேட்டறிந்தால், அரைக்கண்டவராகக் கருதப்படுவார். இரண்டு முறை கேட்டால் முழுக்கண்டவர்.

தலைமை எழுத்தர் வீட்டுக்கு ஓடிப்போய், எதுவும் சொல்லிவிடாதே என்று மனைவியிடம் கும்பிடாத குறையாகக் கேட்டுக்கொண்டார். சரி என்றாள். பகலெல்லாம் ஊரார் வாயைத் திறக்க வைக்கிறவள் வீட்டில் தன் வாயை மூடிக்கொண்டாள். ஆனால் அவள் முகத்தை என்ன செய்ய முடியும்? துணி மடிக்கும்போது முணுமுணுவென்று பாடினாள். பாத்திரத்தைக் கழுவிக் கவிழ்த்துவிட்டுக் காரணமில்லாமல் சிரித்தாள். பத்து வயசு குறைந்தவள் போல வீட்டுக்குள் நடமாடினாள். அங்கே அப்படி என்னதான் பார்த்தாள் என்று நினைத்து நினைத்து மனிதருக்குச் சோறு இறங்கவில்லை. பொறாமையாகத்தான் இருந்தது, அதை ஒளிப்பானேன்.

வெள்ளிக்கிழமை படிவக் கட்டு வந்தது. அவசர அவசரமாகப் புரட்டினார். பெண்டாட்டி கையெழுத்து தெரியாமல் போகுமா? நாற்பத்திரண்டாம் கேள்வி, 'இச்சுற்றுலா பயனுள்ளதா?' அதற்கு நேரே குண்டு குண்டாக 'ஆம்' என்று எழுதியிருந்தாள். பக்கத்தில் யாரும் இல்லை என்று பார்த்துக்கொண்டு அந்த ஒரு சொல்லை ஐந்தாறு தடவை படித்தார்.

ஞாயிற்றுக்கிழமை காலை கழுத்திலிருந்து காதுவரை ஒரு மப்ளரைச் சுற்றிக்கொண்டு, கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு, மேசைமேல் கிடந்த அந்தச் சீட்டோடு பேருந்தில் ஏறினார். வெயில் மண்டையைப் பிளந்தது. ஆச்சரியம் என்னவென்றால் உள்ளே இன்னும் ஏழு பேர் அதே கோலத்தில் ஆளுக்கொரு மூலையில் உட்கார்ந்திருந்தார்கள். எல்லாருக்கும் ஒரே நேரத்தில் பல்வலியா என்று வழிகாட்டி விசாரித்தார். எட்டு மப்ளர்களும் ஆமாம் என்று தலையாட்டின.

அருவிக்கு முன்னால் இறக்கிவிட்டு வழிகாட்டி கொடியை உயர்த்தினார். "நாற்பது நிமிஷம் இருக்கு. முதல்ல படிவம், அப்புறம்தான் அருவி. நிரப்பாதவங்களுக்கு பஸ்ல இடம் கிடையாது."

தலைமை எழுத்தர் குனிந்து எழுத ஆரம்பித்தார். தந்தை பெயர், பார்வைத் திறன், வந்த நோக்கம், முன்பு கண்ட அருவிகளின் பெயர்களும் தேதிகளும். பின்னால் ஒரு மலையே இடிந்து விழுகிற மாதிரி இரைச்சல் கேட்டது. பிடரியில் சாரல் அடித்தது. காகிதம் நனையாமல் உடம்பால் மறைத்துக்கொண்டார். இருபத்தாறாம் கேள்வியில், எந்த மடையன் இதைத் தயாரித்தான் என்று வாய்விட்டே கேட்டுவிட்டார். கேட்ட பிறகுதான் பதில் நினைவுக்கு வந்தது.

யாராவது சீக்கிரம் முடித்திருக்கிறார்களா என்று அருவிப் பக்கம் திரும்பாமலே தலையைத் தூக்கி அக்கம்பக்கம் பார்த்தார். வந்த நாற்பது பேரும் குனிந்த தலை நிமிராமல் எழுதிக்கொண்டிருந்தார்கள். அதில் ஏழு மப்ளர்காரர்கள் கையிலும் ஊதா மைப் பேனா. ஒவ்வொரு பேனாவின் வாலிலும் அறுந்த நூல். மேசையோடு சேர்த்துக் கட்டிவைத்த பேனாவை நூலோடு அறுத்துக்கொண்டு வருகிற ஜனங்கள் உலகத்தில் ஓர் அலுவலகத்தில்தான் உண்டு. அவர் தன் கையைப் பார்த்தார். அதிலும் நூல் தொங்கியது. சற்றுத் தள்ளி நின்ற தொந்தி மப்ளர், படிவத்தில் 'அருவி' என்று இருந்த இடத்தையெல்லாம் அடித்துவிட்டு 'மேற்படி' என்று திருத்திக்கொண்டிருந்தது.

ஒரு கணம் எட்டுக் கறுப்புக் கண்ணாடிகளும் ஒன்றையொன்று பார்த்தன. அடுத்த கணம் எட்டுப் பேரும் அருவிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ஆளுக்கொரு பாறை பார்த்து மறைந்தார்கள். பாறைக்குப் பின்னால் நின்றபடியே தலைமை எழுத்தர் கடைசிக் கேள்விக்கு வந்து சேர்ந்தார். 'இல்லை' எனில் காரணத்தைத் தனித்தாளில் மூன்று பிரதிகளில் எழுதி இணைக்கவும். பேருந்து ஹாரன் அடித்தது. 'ஆம்' என்று போட்டுவிட்டு ஓடினார்.

மறுநாள் காலை எல்லோரும் வரிசையில் நின்றார்கள். மேற்படி அருவியை என் கண்ணால் கண்டதில்லை என்று ஒவ்வொருவரும் நெஞ்சில் கைவைத்துச் சொன்னார்கள். அந்த அலுவலகத்தின் சரித்திரத்தில் அருவிவரை போய்வந்தும் அத்தனை பேரும் சேர்ந்தாற்போல உண்மை பேசியது அன்றைக்குத்தான்.

செவ்வாய்க்கிழமை ஆணை வந்தது. புதுக் கண்காணிப்பாளர் வீட்டுக்கு வந்து, நாற்காலி கிடைத்ததைக்கூடச் சொல்லாமல், மனைவி பக்கத்தில் உட்கார்ந்து நடந்ததையெல்லாம் கொட்டிவிட்டார். போயும் பார்க்கவில்லை என்று சொல்லும்போது அவருக்கு அழுகையே வந்துவிட்டது.

அவள் மடித்துக்கொண்டிருந்த துணியைக் கீழே வைத்தாள். "நானும் பாக்கலைங்க. உங்க படிவத்த முடிக்கிறதுக்குள்ள ஹாரன் அடிச்சிட்டான்."

"அப்புறம் எதுக்கு அவ்வளவு பாட்டு, அவ்வளவு சிரிப்பு?"

"நாள் முழுக்க உங்க ஆபீஸ் கதையக் கேக்காம இருந்தேனே. அதுக்கே பயன்தான்னு 'ஆம்' போட்டேன்."

இரண்டு பேருக்கும் சிரிப்பு வந்து அடங்கச் சற்று நேரம் ஆயிற்று. பத்தொன்பது வருஷத்தில் அப்படிச் சேர்ந்து சிரித்தது எப்போது என்று அவருக்கு நினைவில்லை. சிரிப்போடு சிரிப்பாக அவள் சொன்னாள், "ஞாயித்துக்கிழமை டவுன் பஸ்ல போவோம்ங்க. கொடி வேணாம், படிவம் வேணாம். நீங்களும் நானும் மட்டும்."

அவருக்கு ஆசையாகத்தான் இருந்தது. சரி என்று வாய்வரை வந்துவிட்டது. அப்போதுதான் புது நாற்காலி நினைவுக்கு வந்தது. ஓய்வு பெற இன்னும் பதினோரு வருஷம்தானே, அதுவரை பொறுத்துக்கொள் என்றார்.

அவள் ஞாயிற்றுக்கிழமை தனியாகவே டவுன் பஸ்ஸில் போனாள். சாயங்காலம் திரும்பி வந்தபோது கூந்தலிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது, புடவை முழங்கால்வரை ஈரம். கண்ணெல்லாம் சிவந்து, யாரிடமாவது சொல்லியே ஆக வேண்டும் என்கிற முகத்தோடு வாசலில் வந்து நின்றாள்.

"என்னங்க..." என்று ஆரம்பித்தாள்.

கண்காணிப்பாளர் இரண்டு காதையும் பொத்திக்கொண்டார். அவள் தலையைத் துவட்ட உள்ளே போய்விட்டாள்.

அறிக்கை அந்த மாதக் கடைசியில் வெளியாயிற்று. பதினோராயிரத்து நானூற்று ஆறு பேர் 'ஆம்', ஒருவர்கூட 'இல்லை' என்று சொல்லவில்லை, ஆகவே சுற்றுலா பயனுள்ளதே என்று அரசு தீர்மானித்தது. அதன்பிறகு அந்தப் பேருந்துக்கு ஏற்பட்ட கிராக்கியைக் கேட்கவே வேண்டாம். அறிக்கையைப் படித்துவிட்டுத்தானே நீங்களும் நானும் மூன்று மாதத்துக்கு முன்பே பெயர் கொடுத்துவிட்டுக் காத்திருக்கிறோம். டவுன் பஸ் காலியாகத்தான் போகிறது.