விண்வெளிக்குப் போகிறவளிடம் பஸ் பாஸ் கேட்டவன்

விண்வெளிப் படங்களில் ஒரு வசனம் புரியவில்லை என்றால் அதில் ஆழமான கருத்து இருக்கிறது என்று நம்பிய ஆள் நான். எவ்வளவு புரியவில்லையோ அவ்வளவு ஆழம். தமிழில் டப்பிங் செய்த அந்த மாதிரிப் படம் டிவியில் ஓடினால், ரோபோ வாயைத் திறந்ததும் வீட்டில் எல்லாரையும் அடக்கிவிட்டு விளக்கவுரை ஆற்றுவேன். (என் மனைவி ஸ்டெல்லா சரியாக அப்போதுதான் மிக்சி போடுவாள். தற்செயல் என்றுதான் இன்றும் சாதிக்கிறாள்.)

பிழைப்புக்கு ஆவடியில், ராணுவ வண்டிகள் செய்யும் தொழிற்சாலையில் பரிசோதகர் வேலை. வண்டி வெளியே போகும் முன் நான் பட்டியலைச் சத்தமாக வாசிக்க வேண்டும், எதிரில் நிற்பவர் ஒவ்வொன்றுக்கும் பதில் சொல்ல வேண்டும். "பிரேக்?" "ஓகே." "ஹாரன்?" "ஓகே." இந்தப் பழக்கம் குவார்ட்டர்ஸ் வரைக்கும் வந்துவிட்டது. அப்போது ப்ளஸ் டூ படித்துக்கொண்டிருந்த என் மகள் ஜெனி காலை டியூஷனுக்குக் கிளம்பினால் கேட்டை மறித்து நிற்பேன்.

"தண்ணி பாட்டில்?"

"இருக்கு."

"பஸ் பாஸ்?"

"இருக்கு."

"கர்சீப்?"

"இருக்குப்பா."

"போய்ச் சேந்ததும்?"

"போன் பண்றேன்."

கடைசிப் பதில் வராமல் கேட் திறக்காது.

அந்த ஜெனி ஒருநாள் சினிமா படிக்கப் போகிறேன் என்றாள். எனக்கு பிரஷர் ஏறியது. எங்கள் மாதா கோயில் இளைஞர் குழு குறும்படப் போட்டி அறிவித்திருந்த சமயம். "அதுல முதல் பரிசு வாங்கு, சினிமா படி. இல்லன்னா இன்ஜினியரிங்" என்றேன். அவள் அதை அப்படியே நோட்டில் எழுதி நீட்டிக் கையெழுத்து வாங்கிக்கொண்டாள். (பரிசோதகர் மகள்.)

எட்டு நிமிடப் படம். பூமி அழிந்துவிட்டது. விண்கலத்தில் தனியாக ஒரு பெண், பேச்சுத் துணைக்குக் கலத்தின் இயந்திரக் குரல். பெண் ஜெனி, குரல் நான், விண்கலத்தின் கதவு எங்கள் பழைய ஃபிரிட்ஜின் கதவு. முடிவில் அவள் ஏதோ ஒரு கிரகத்தில் தனியாக இறங்கிப் போகிறாள், இயந்திரம் விடைகொடுக்கிறது. அதற்கு ஜெனி எழுதியிருந்த வசனம்: "பத்திரமா போ."

"என்னம்மா இது, மளிகைக் கடைக்கு அனுப்புற மாதிரி?" என்று அதை அடித்துவிட்டு நானே எழுதினேன்: "காலம் ஒரு கதவு. கதவு ஒரு காலம். திறப்பவனே திறக்கப்படுகிறான்."

"இதுக்கு என்னப்பா அர்த்தம்?"

"ஆழமா யோசி."

(ரெண்டு நாளா யோசிக்கிறேன், தலதான் வலிக்குது என்று அம்மாவிடம் சொன்னதாகத் தகவல்.)

போட்டி நாள். கோயில் ஹால் நிரம்பி வழிந்தது. எங்கள் முறை வந்தபோது சவுண்ட் செட் தாஸ் ஓடி வந்தார்.

"அண்ணாத்தே, படம் ஓடுது, சவுண்டு வர்ல. மைக் ரெண்டு கீது. நீயும் பாப்பாவும் ஓரமா நின்னு பேசிடுங்க, அவ்ளோதான் மேட்டரு."

இருட்டில் ஜெனி என் காதில் சொன்னாள்: "ப்பா, வேணும்னே சொதப்பிடாதீங்க."

"சேச்சே!" என்றேன்.

ஏழு நிமிடம் சொல் பிசகாமல் பேசினேன். பிறகு கடைசிக் காட்சி. திரையில் என் மகள் பையைத் தோளில் மாட்டினாள். ஃபிரிட்ஜ் கதவு வரை நடந்தாள். நின்று, திரும்பிப் பார்த்தாள். தினமும் கேட்டருகே திரும்பிப் பார்ப்பாளே, அதே மாதிரி.

எனக்குக் காலமும் வரவில்லை, கதவும் வரவில்லை. ஸ்பீக்கரில் ஒரு குரல் கேட்டது.

"தண்ணி பாட்டில்?"

என் குரல்தான். ஹாலில் களுக்கென்று சிரிப்பு. அதோடு வாயை மூடியிருக்கலாம். ஆனால் பக்கத்தில் நின்ற ஜெனி, பழக்கதோஷத்தில், "இருக்கு" என்றுவிட்டாள். ஆரம்பித்த பட்டியலை நடுவில் நிறுத்தக் கூடாது என்பது எங்கள் தொழிற்சாலை விதி.

"பஸ் பாஸ்?"

ஹால் வெடித்தது. "அங்க இன்னா பஸ்சுபா போவுது?" என்று பின்வரிசையிலிருந்து ஒருவர்.

"இருக்கு."

"கர்சீப்?"

"இருக்குப்பா."

இயந்திரத்தை அவள் அப்பா என்றதும் சிரிப்பு அடங்கியது. திரையில் கதவு திறந்தது.

"போய்ச் சேந்ததும்?"

ஜெனி பதில் சொல்லவில்லை. திரையில் இருந்தவள் வெளியே இறங்கினாள். கதவு மூடிக்கொண்டது.

"போய்ச் சேந்ததும்?" என்று மறுபடி கேட்டேன். குரல் உடைந்தது. நடிப்பில்லை, பயம். அந்தப் பதில் ஒருநாளும் வராமல் இருந்ததில்லை.

திரை இருண்டது. தொலைந்தது, ஆயுசுக்கும் இவள் நான் வேண்டுமென்றே கெடுத்தேன் என்றுதான் நினைப்பாள் என்று பக்கவாட்டுக் கதவைத் தேடினேன். அப்போது தாஸ் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. அடுத்து கைதட்டல். எழுந்து நின்று தட்டினார்கள்.

நடுவராக வந்திருந்த ஓய்வுபெற்ற பேராசிரியை மைக்கைப் பிடித்தார். "இந்த இயந்திரம் அன்பு என்ற வார்த்தையே சொல்லவில்லை. அதற்குத் தெரிந்தது ஒரு பட்டியல்தான். இனி எங்கும் செல்லாத பஸ் பாஸைக்கூட அக்கறையாகக் கேட்கிறது. பதில் வராது என்று தெரிந்த பிறகும் கேட்கிறது. இந்த வசனத்தை எழுதியது யார்?"

ஜெனி என்னைக் காட்டினாள். வாழ்நாளெல்லாம் பிறர் வசனத்துக்கு விளக்கவுரை சொன்ன நான், என் வசனத்துக்கு விளக்கவுரை கேட்டு வாய்பிளந்து நின்றேன். முதல் பரிசு எங்களுக்கு. கோப்பை கைக்கு வருவதற்குள் அந்த நோட்டு என் மூக்குக்கு நேரே வந்துவிட்டது.

இரண்டு வருடம் ஆகிறது. இன்றும் கோயிலில் பைபிள் வாசகம் வாசிக்க ஏறினால் யாராவது "தண்ணி பாட்டில்?" என்று முணுமுணுக்கிறார்கள். நான் ஃபிரிட்ஜை மூட மறந்தால், "திறப்பவனே திறக்கப்படுகிறான், போய் மூடுங்க" என்கிறாள் ஸ்டெல்லா. என் மகா வசனத்துக்குக் கிடைத்த ஒரே அர்த்தம் அதுதான்.

ஜெனி வெளியூரில் சினிமா படிக்கிறாள். விடுமுறை முடிந்து ரயில் ஏற்றும்போது ஜன்னல் வழியாகப் பட்டியல் வாசிக்கிறேன். எல்லாவற்றுக்கும் பதில் சொல்கிறவள், கடைசிக் கேள்விக்கு மட்டும் சிரித்துக்கொண்டே வாயை இறுக்கி மூடிக்கொள்கிறாள். "சொல்லிட்டா படத்தோட கிளைமாக்ஸ் போயிடும்ப்பா."

மறுநாள் காலை போன் அடிக்கும். ஸ்டெல்லா அடுப்படியிலிருந்து குரல் கொடுப்பாள்:

"எடுங்க, வேற கிரகத்துலேர்ந்து."