பிரமிட் குறைபாடு

ஒஸ்லோவின் வடகிழக்கில் வசிக்கும் மக்கள் போதிய அளவு பிரமிட்டுகளைப் பார்ப்பதில்லை என்பது போன வருசம் பங்குனி மாதத்தில் உத்தியோகபூர்வமாகக் கண்டறியப்பட்டது.

கண்டறிந்தது ஒரு அலுவலகம். அதன் பெயரை நான் எழுதவில்லை. எழுதினாலும் நீங்கள் வாசித்து முடிப்பதற்குள் அவர்கள் பெயரை மாற்றிவிடுவார்கள். வீடு வீடாக வந்த கேள்விக்கொத்தில் பதினேழாவது கேள்வி இது: ‘கடந்த பன்னிரண்டு மாதங்களில் வழிகாட்டி ஒருவருடன் பிரமிட் போன்ற பழங்காலச் சின்னம் எதையாவது பார்த்து, உள்ளூர்க் கைவினைஞர்களையும் சந்தித்தீர்களா?’ எங்கள் பக்கத்து அம்மருட்டிலும் ரொம்சோசிலும் நூற்றுக்குத் தொண்ணூற்றாறு பேர் ‘இல்லை’ என்ற கட்டத்தில் புள்ளடி போட்டோம். மிச்ச நாலு பேர் கேள்வி விளங்காமல் ‘ஆம்’ போட்டவர்கள்.

நகரின் வசதியான மேற்குப் பக்கத்தில் இதே கேள்விக்கு நூற்றுக்கு அறுபது பேர் ‘ஆம்’ என்றார்களாம். ஆகவே இது சமத்துவமின்மை. சமத்துவமின்மை என்றால் திட்டம் வேண்டும். திட்டம் என்றால் சுவர் நிறைய மஞ்சள் ஒட்டுத்தாள் வேண்டும். மூன்று மாதம் ஒட்டினார்கள். முடிவில் ‘பழங்காலப் பிரமிட்டுகளுக்கும் உள்ளூர்க் கைவினைஞர்களிடமும் வழிகாட்டியுடன் ஒருநாள் பயணம்’ என்ற திட்டம் மேலிடத்தால் அங்கீகரிக்கப்பட்டது.

பிறகுதான் ஒரு சிக்கல் தெரிந்தது. அதே அலுவலகத்தின் சுற்றுச்சூழல் பிரிவு விமானப் பயணங்களைத் தடைசெய்திருந்தது. அங்கீகரித்த ஆவணத்தில் ‘பிரமிட்’ என்ற சொல் இருந்தபடியால் அதை எடுக்க முடியாது. ‘விமானம்’ என்ற சொல் இல்லாதபடியால் அதைச் சேர்க்கவும் முடியாது. வெளியிலிருந்து ஒரு நிபுணரை வரவழைத்தார்கள். அவர் ஆறு கிழமை யோசித்து ஒரு வரைவிலக்கணம் கொடுத்தார்: மனிதர் கையால் எழுப்பப்பட்டதும், உள்ளே ஒருவர் புதைக்கப்பட்டதும், ஏறினால் மூச்சு வாங்குவதுமான எதுவும் பிரமிட்.

இந்த வரைவிலக்கணத்தின்படி லில்லெஸ்ட்ரோம் என்ற பக்கத்து நகரத்துக்கு அங்காலை, ஒரு கோதுமை வயல் ஓரத்தில், ஒரு பிரமிட் இருந்தது. அதன் மேல் புல் முளைத்திருந்தது. பக்கத்து வீட்டுக்காரரின் செம்மறிகள் மேய்ந்தன. நோர்வேக்காரர் ஆயிரத்து ஐந்நூறு வருசமாக அதை மேடு என்று சொல்லி ஏமாந்திருந்தார்கள்.

இனி வழிகாட்டி. எங்கள் கட்டிடத்தில் எனக்குக் கீழ்மாடியில் இருக்கும் குலேந்திரன்தான் அந்த வழிகாட்டி. பத்தொன்பது வருசம் பேக்கரி ஒன்றின் பாண் லொறி ஓட்டியவர். முழங்கால் கைவிட்டதும் வேலையும் கைவிட்டது. அதற்குப் பிறகு அவரை ‘பிராக்சிஸ்’ என்ற பெயரில் இடம் இடமாக வேலை பழக அனுப்பினார்கள். சிறுவர் பூங்காவில் ஆறு மாதம், நூலகத்தில் ஆறு மாதம். இரண்டு இடத்திலும் ‘மிகக் கெட்டிக்காரர்’ என்று கடிதம் கொடுத்து வீட்டுக்கு அனுப்பினார்கள். இது மூன்றாவது.

திட்டத் தலைவி யூருன் நல்ல மனுசி. எப்போதும் சிரித்த முகம். குலேந்திரனைக் கூப்பிட்டு இருத்தினார்.

“இந்தப் பயணம் மதிப்பீட்டில் தேறினால் உங்களுக்கு நிரந்தர வேலை, குலேந்திரன். ஒரேயொரு நிபந்தனை. அன்றைக்கு நீங்கள் மேடு என்ற சொல்லைச் சொல்லக்கூடாது.”

“ஆனால் அது மேடுதானே?”

“தனிப்பட்ட முறையில் நானும் அப்படித்தான் நினைக்கிறேன். ஆனால் காலை எட்டு மணியிலிருந்து பின்னேரம் மூன்றரை வரை அது பிரமிட்.”

குலேந்திரன் நூலகத்திலிருந்து எகிப்து பற்றி மூன்று புத்தகமும், மேடுகள் பற்றி ஒரு புத்தகமும் எடுத்துவந்து குசினி மேசையில் இருந்து படித்தார். மனைவி அஜந்தா தேத்தண்ணியை வைத்துவிட்டு எட்டிப் பார்த்தா.

“இஞ்சாருங்கோ, எங்கையப்பா வேலை தரப்போயினம்? எகிப்திலையோ?”

“லில்லெஸ்ட்ரோமுக்கு அங்காலை.”

“அங்கை பிரமிட் எப்ப கட்டினவங்கள்?”

“போன மாதம். கூட்டத்திலை.”

அஜந்தா சிரிக்கவில்லை. “என்ன எண்டு சொல்லச் சொல்லினமோ அப்பிடியே சொல்லுங்கோ. இந்த முறையும் கடிதத்தோடை வந்து நிக்காதேங்கோ” என்றா.

பயணத்துக்கு இரண்டு நாள் இருக்கும்போது கைவினைஞர்கள் கைவிட்டார்கள். ஆவணத்தில் மூன்று பேர் என்று இருந்தது. கத்தி செய்பவர், தறி நெய்பவர், மரம் செதுக்குபவர். மூவரும் சனிக்கிழமை தங்கள் மலை வீடுகளுக்குப் போகிறார்களாம். வெயில் காலத்துச் சனிக்கிழமையில் உள்ளூரில் நிற்கும் உள்ளூர்க்காரர் நோர்வேயில் கிடையாது. “நீங்களே யாரையாவது தேடிப் பிடியுங்கள், கையால் எதையாவது செய்தால் போதும்” என்றார் யூருன்.

குலேந்திரன் ரொம்சோசில் இருக்கும் யோசெப்பினுக்குப் போன் எடுத்தார். மன்னார்க்காரி. ஒஸ்லோவில் எந்தத் தமிழ்ப் பிள்ளை பெரியபிள்ளையாகிச் சாமத்திய வீடு நடந்தாலும் மேடை அலங்காரம் அவதான். ரெஜிபோம் என்ற பஞ்சுமாதிரி இலேசான வெள்ளைப் பலகையை வெட்டி ஒட்டித் தங்க நிறம் அடித்து அன்னப்பறவை, மயில், தேர் எல்லாம் செய்வா. அண்மையில் மேடைக்கு ஒரு ‘கருப்பொருள்’ இருக்க வேண்டும் என்ற நாகரிகம் வந்திருந்தது. ஒரு பிள்ளை கடலுக்கு அடியில் இருந்தாள். இன்னொருத்தி விண்வெளியில் இருந்தாள்.

“அக்கா, சனிக்கிழமை ஒரு கைவினைஞர் வேணும்.”

“கைவினைஞரோ? நான் மேடை போடுற ஆள்.”

“அதுதான். என்ன சாமான் கையிலை இருக்கு?”

“கார் விடுற கராச்சிலை ஒரு பிரமிட் கிடக்கு. சித்திரை மாதம் ஒரு பிள்ளைக்கு எகிப்துக் கருப்பொருள் செய்தனான். தாய்தகப்பன் திருப்பி எடுக்கேல்லை. ரெண்டரை மீற்றர்.”

குலேந்திரன் உடனே ஒரு வான் வண்டிக்குச் சொல்லிவைத்தாராம்.

சனிக்கிழமை காலை ஒன்பது மணிக்கு அம்மருட்டில் பஸ் ஏறினோம். நானும் மனைவியும் உட்பட முப்பத்திரண்டு பேர். மழை. எல்லாரும் மழைக்கோட்டு. தமிழர்தான் பாதி, மடியில் ரோல்சும் கட்லட்டும். மதிப்பீட்டாளர் ஒருவர் முன் இருக்கையில் கண்ணாடிப் பலகை போன்ற கணினியோடு இருந்தார். கடைசியாக ஏறியவர் நபீல். எங்கள் கட்டிடத்தில் முதலாம் மாடி. அவர் எகிப்தில், பிரமிட்டுகள் நிற்கும் கீசாவில் பிறந்து வளர்ந்தவர், தகப்பன் அங்கே நாற்பது வருசம் சுற்றுலா வழிகாட்டி. அவரைக் கண்டதும் குலேந்திரன் கையில் இருந்த ஒலிவாங்கியை அணைத்தார்.

“நீங்கள் ஏன் வந்தனீங்கள், நபீல்?” என்று நான் நோர்வேஜிய மொழியில் மெல்லக் கேட்டேன்.

“துண்டுப்பிரசுரத்தில் பிரமிட் என்று இருந்தது. ஊரில் இருக்கும்வரை ஒருநாளும் உள்ளே போனதில்லை. இங்கே இலவசம்” என்றார்.

ஐம்பது நிமிசத்தில் போய்ச் சேர்ந்தோம். சறுக்கிச் சறுக்கி மேலே ஏறினோம். மூச்சு வாங்கியது. மதிப்பீட்டாளர் அதைப் பதிந்துகொண்டார். எங்களோடு வந்த கிருஷ்ணகுமாரி இடுப்பில் கைவைத்து நாலு பக்கமும் பார்த்தா.

“தம்பி குலேந்திரன், பிரமிட் எங்கை?”

“அதுக்கு மேலைதான் நிக்கிறியள், அக்கா.”

அவ கீழே குனிந்து பார்த்தா. ஒரு செம்மறி ஆட்டையும் பார்த்தா.

அப்போது நபீல் கையை உயர்த்தினார். “உள்ளே யார் இருக்கிறார்?”

குலேந்திரனிடம் அங்கீகரிக்கப்பட்ட பதில் இருந்தது. தாளில் அச்சடித்துக் கொடுத்திருந்தார்கள்: ‘வடக்கின் மாபெரும் பேரரசர் ஒருவர்.’ மதிப்பீட்டாளர் விரலைத் தூக்கிக் காத்திருந்தார். குலேந்திரன் தாளைப் பார்த்தார், நபீலின் முகத்தைப் பார்த்தார். தாளை நாலாய் மடித்து மழைக்கோட்டுப் பைக்குள் வைத்தார்.

“தெரியாது” என்றார். “இது ஒரு மேடு. ஆயிரத்து ஐந்நூறு வருசத்துக்கு முந்தி இந்த ஊர்ச் சனம் மரங்களைத் தறித்து, அடுக்கி, மேலே மண் போட்டு, திரும்பவும் அடுக்கி, திரும்பவும் மண் போட்டுக் கட்டினது. எத்தனை பேர் என்று தெரியாது. ஏன் என்றும் தெரியாது. தோண்டிப் பார்த்தவர்கள் கொஞ்சம் எரிந்த எலும்பைத்தான் கண்டார்கள். அது யாருடையது என்று யாரும் எழுதிவைக்கவில்லை. ஆனால் யாரோ ஒருவருக்காக ஒரு ஊரே வயல் வேலையை விட்டுவிட்டு மண் சுமந்திருக்கிறது.”

ரோல்ஸ் தின்றுகொண்டிருந்தவர்களும் நிறுத்தினார்கள். எனக்குக் காலுக்குக் கீழே இருந்த மண் கொஞ்சம் வேறு மாதிரித் தெரிந்தது. மதிப்பீட்டாளர் மட்டும் ‘மேடு, ஒரு தடவை’ என்று பதிந்தார்.

கீழே இறங்கியபோது அலுவலகம் அடித்திருந்த கூடாரத்துக்குப் பக்கத்தில் யோசெப்பின் நின்றா. முன்னதாகவே அவவையும் சாமானையும் வான் வண்டியில் ஏற்றிக் கொண்டுவந்து இறக்கியிருந்தார்கள். பின்னால் தங்க நிறத்தில் ரெண்டரை மீற்றர்ப் பிரமிட்.

“யோசெப்பின், நீர் எங்கை இஞ்சை?” என்று கிருஷ்ணகுமாரி கேட்டா.

“நான் உள்ளூர்க் கைவினைஞர்.”

“எந்த ஊர்?”

“இந்த ஊர்தான். காலமை ஏழு மணியிலிருந்து.”

அதற்குப் பிறகு மேட்டை யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. உண்மையான பிரமிட் வந்துவிட்டதல்லவா! தனியாக ஒரு படம், சோடியாக ஒரு படம், கையை உயர்த்திக் கூர்முனையைப் பிடிப்பது மாதிரி ஒரு படம். வரிசை நின்றது. வரிசையில் முன்னுக்கு நிற்க அடிபட்டார்கள். நபீலும் நின்றார்.

அந்த நேரத்தில் வயல் பக்கமிருந்து காற்று எழும்பியது. பிரமிட் ஒருதரம் குனிந்தது, நிமிர்ந்தது, பிறகு எழும்பிப் பறந்தது. யோசெப்பின் “என்ரை மாதாவே!” என்று கத்தினா. முப்பத்திரண்டு பேரும் கோதுமைக்குள் ஓடினோம். முழங்கால் நோவோடு குலேந்திரன்தான் முன்னுக்கு ஓடினார். பிரமிட் உருண்டு, குதித்து, செம்மறிகளைச் சிதறடித்து, வாய்க்காலைத் தாண்டப் போனபோது நபீல் பாய்ந்து அதன் அடியைப் பிடித்தார். நாங்கள் ஆளுக்கொரு மூலையைப் பிடித்தோம். சேறு முழுக்க முகத்தில்.

“என் பரம்பரையிலேயே பிரமிட்டைத் தூக்கினவன் நான்தான்” என்றார் நபீல், மூச்சிரைத்தபடி. நாங்கள் விழுந்து விழுந்து சிரித்தோம்.

திரும்பும்போது எல்லாருக்கும் கருத்துப் படிவம் தந்தார்கள். நபீல் பக்கத்தில் இருந்ததால் அவர் எழுதியதை நான் பார்த்தேன்: ‘என் தகப்பன் நாற்பது வருசத்தில் ஒருநாளும் தெரியாது என்று சொன்னதில்லை. இவர் சொன்னார். அதனால் இவர் சொன்ன மற்றதெல்லாவற்றையும் நம்பினேன்.’

திங்கட்கிழமை முடிவு வந்தது. யூருன் குலேந்திரனுக்கு வாசித்துக் காட்டினார். தடைசெய்த சொல்லைப் பயன்படுத்தியதால் மொழிப் பகுதியில் தோல்வி. நபீலின் கருத்து கணக்கில் எடுக்கப்படவில்லை, ஏனென்றால் அது கட்டத்துக்கு வெளியே எழுதப்பட்டிருந்தது. ஆனால் ‘பங்கேற்பாளர்கள் பிரமிட்டுடன் நேரடித் தொடர்பு கொண்டார்களா’ என்ற கேள்விக்கு வரலாறு காணாத புள்ளி. எகிப்தில்கூட இதுவரை நூறு வீதம் பதிவாகவில்லை என்று மதிப்பீட்டாளர் குறிப்பு எழுதியிருந்தார்.

ஆகவே குலேந்திரனுக்கு நிரந்தர வேலை. பதவியின் பெயர் ‘முதுநிலைப் பிரமிட் வழிகாட்டி’. அஜந்தா அந்தக் கடிதத்தை நாலு தரம் வாசித்து, முன்னைய கடிதங்கள் மாதிரி இல்லை என்று உறுதிப்படுத்திய பிறகுதான் அழுதா. கட்டிடம் முழுக்கக் கேக் கொடுத்தார்கள். வெட்டும்போது குலேந்திரன் என் காதுக்குள், “மதிப்பீட்டாளர் நான் கதைச்சதைக் கேக்கவே இல்லை, அண்ணை” என்றார். “நாங்கள் கேட்டம்” என்றேன். உண்மையாகத்தான் சொன்னேன்.

கேக் சாப்பிட்ட கையோடு வீட்டுக்கு வந்தேன். போன் அடித்தது. லண்டனிலிருந்து என் மச்சாள் கமலாதேவி. தங்கப் பிரமிட்டுக்கு முன்னால் நானும் மனைவியும் நிற்கும் படத்தைக் கண்டிருக்கிறா. நான் மட்டுமல்ல, பஸ்ஸில் வந்த அத்தனை பேரும் அதே படத்தைத்தான் ஊர் உலகத்துக்கெல்லாம் அனுப்பியிருந்தோம். மேட்டின் படம் ஒருவரிடமும் இல்லை.

“அத்தான், எகிப்துக்குப் போனதெண்டு ஒரு சொல்லுச் சொல்லேல்லை!”

நான் தொண்டையைச் செருமினேன். “திடீரெண்டு வெளிக்கிட்டது, மச்சாள். ஒருநாள் பயணம்தான்.”

“நல்ல வெயிலோ?”

“அதை ஏன் கேக்கிறியள். தாங்கேலாது.”

“அப்ப ஏன் ரெண்டு பேரும் மழைக்கோட்டுப் போட்டிருக்கிறியள்?”

“அங்கை மணல் அடிக்கும், மச்சாள்” என்றேன்.