ட்ரூ காப்பி டீச்சரின் பர்மிட்

தஞ்சாவூரில் பச்சை மையில் கையெழுத்துப் போடும் உரிமை பெற்ற அத்தனை அதிகாரிகளையும், அவர்களில் யார் எத்தனை மணிக்கு நல்ல மனநிலையில் இருப்பார் என்பதையும் அறிந்துவைத்திருந்த ஒரே மனிதப் பிறவி எங்கள் ட்ரூ காப்பி டீச்சர்தான். வேளாண்மை அதிகாரி என்றால் சாப்பாட்டுக்கு முன். பொதுப்பணித் துறை என்ஜினியர் என்றால் மழை பெய்யாத நாள். கல்லூரி முதல்வர் என்றால் எந்த நாளும் கூடாது.

தொண்ணூறுகளின் நடுவில், மெடிக்கல் காலேஜ் ரோட்டுப் பக்கம் ஒரு பெண்கள் விடுதியில் நாங்கள் மூன்று பேர் ஓர் அறையில் இருந்தோம். நான் ஒரு தனியார் அலுவலகத்தில் டைப்பிஸ்ட். செல்வி அப்போதுதான் பி.எஸ்ஸி., பி.எட். முடித்துவிட்டு வேலை தேடிக்கொண்டிருந்த பெண். மூன்றாவது ஆள் டீச்சர். ஒரு தனியார் மெட்ரிக் பள்ளியில் கணக்கு எடுத்துக்கொண்டிருந்தார். முப்பத்தெட்டு வயது, கல்யாணம் ஆகவில்லை. எந்தக் காகிதத்தையும் மூன்று நகல் எடுத்து, மூன்றிலும் 'உண்மை நகல்' என்று அதிகாரியிடம் கையெழுத்து வாங்கி வைக்காவிட்டால் அவருக்குத் தூக்கம் வராது. விடுதி மெஸ்ஸில் ஒட்டியிருந்த சாப்பாட்டுப் பட்டியலுக்கே ஒரு தடவை நகல் எடுத்து வந்தார். "வெள்ளிக்கிழமை வடைன்னு போட்டிருக்கு. நாளைக்கு இல்லன்னு சொன்னா என்ன பண்ணுவ?" என்றார். அந்த வெள்ளிக்கிழமை வடை இல்லை. டீச்சர் நகலை வார்டன் முன்னால் வைத்தார். அடுத்த வெள்ளிக்கிழமை தலைக்கு இரண்டு வடை வந்தது.

இந்தப் பழக்கம் சும்மா வந்ததில்லை. பள்ளிக்கூடத்தில் அவரை வாய்வார்த்தையாகச் சேர்த்துக்கொண்டார்கள். அதற்கு ஒரு காகிதமும் கிடையாது. ஒவ்வொரு மே மாதமும், ஜூனில் வரச்சொல்வார்களா என்று காத்திருக்க வேண்டும். வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்து, தவறாமல் புதுப்பித்து, கால் செருப்புதான் தேய்ந்தது. அரசு அழைப்பு வரவே இல்லை. "ஒரே ஒரு அப்பாயிண்ட்மென்ட் ஆர்டர் என் பேர்ல வந்து பாத்துட்டாப் போதும்" என்பார்.

அப்போதுதான் பேப்பரில் அந்த விளம்பரம் வந்தது. மாலத்தீவில் பள்ளிகளுக்குக் கணக்கு, அறிவியல் ஆசிரியர்கள் தேவை. ஒரு வருஷத்துக்கு வேலை பர்மிட், பிறகு புதுப்பித்துக்கொள்ளலாம். டீச்சர் அந்த விளம்பரத்தையும் மூன்று நகல் எடுத்தார். விண்ணப்பத்தை நான்தான் டைப் அடித்தேன். ஒரு கமா இடம் மாறியதற்காக நான்கு முறை அடித்தேன்.

நகல்களில் கையெழுத்து வாங்க அவர் கடைசியில் நிரந்தரமாகப் பிடித்துக்கொண்டது கால்நடை ஆஸ்பத்திரி டாக்டரை. அவரும் கெஜட்டட் அதிகாரிதான், கேள்வி கேட்காமல் போடுவார். என்ன, வரிசையில் நிற்க வேண்டும். முன்னால் ஒரு கன்றுக்குட்டி, பின்னால் இரண்டு ஆடு, நடுவில் கைப்பையும் குடையுமாக டீச்சர். ஒருநாள் நானும் கூடப் போயிருந்தேன். பின்னால் நின்ற பெரியவர் வெகு நேரம் பார்த்துவிட்டு, "ஏம்மா, உங்க மாடு எங்க?" என்றார்.

"மாடு இல்லைங்க. சர்டிபிகேட்."

"அதுக்கு என்ன செய்யுது?"

"ஒண்ணும் செய்யல. அதுதான் பிரச்சினை."

அன்றைக்குக் கூட்டம் அதிகம். டாக்டர் அவசரத்தில் முத்திரையை மாற்றிக் குத்திவிட்டார். டீச்சரின் பி.எட். சான்றிதழ் நகலில் 'தடுப்பூசி போடப்பட்டது' என்று நீல எழுத்தில் விழுந்தது. நான் வாயைப் பொத்திக்கொண்டேன். டீச்சர் சிரிக்கவில்லை. அதையும் பத்திரமாக மடித்து வைத்துக்கொண்டு, புதிதாக மூன்று நகல் எடுத்துவந்து மறுபடி வரிசையில் நின்றார்.

திருவனந்தபுரத்தில் நேர்காணல் நன்றாகவே நடந்தது. பிறகுதான் சிக்கல் வந்தது. டீச்சரின் அப்பா பெயர் ஞானமுத்து. பள்ளிச் சான்றிதழில் டீச்சருடைய இனிஷியல் ஆங்கிலத்தில் 'என்'. கல்லூரிச் சான்றிதழில் 'ஜி'. எங்கள் ஊரில் இதை யாரும் கவனிக்க மாட்டார்கள். ஆனால் பர்மிட் கொடுக்கிற நாட்டுக்கு அது இரண்டு வேறு ஆட்கள். இருவரும் ஒருவரே என்று, தவறு எப்படி நேர்ந்தது என்பதையும் சொல்லி, அப்பா நோட்டரி முன் உறுதிமொழி எழுதித் தர வேண்டும் என்று கடிதம் வந்தது.

டீச்சரின் அப்பா தரங்கம்பாடியில் தனியாக இருந்தார். மிஷன் பள்ளியில் தலைமை ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். லுத்தரன் சபையில் அவர் வந்து உட்கார்ந்த பிறகுதான் மணியடிப்பார்கள் என்று சொல்லுமளவுக்கு நேரம் தவறாதவர். மகளின் பெயரைப் பள்ளிப் பதிவேட்டில் தன் கையாலேயே எழுதியவர். அந்த 'என்' அவர் போட்டது.

சனிக்கிழமை காலையில் டீச்சரும் நானும் பஸ் ஏறினோம். மாயவரம் தாண்டி, திருக்கடையூரில் மாலையும் கழுத்துமாக அறுபதாம் கல்யாண ஜோடி ஒன்று சொந்தக்காரர்களோடு ஏறிக்கொண்டதில், தரங்கம்பாடி வரை நான் யாரோ ஒரு தாத்தாவின் மாலையை மடியில் வைத்துக்கொண்டு போனேன்.

அப்பா கடிதத்தைப் படித்துவிட்டு மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். "ஞா. இதைச் சொல்லு. இதுல 'ஜி' எங்க இருக்கு?"

"சத்தத்துல இல்லப்பா. ஆனா எல்லாரும் ஜி தான் போடுறாங்க."

"ஜி போட்டா கிஞானமுத்து. அப்படி ஒருத்தன் இந்த ஊர்ல இல்ல."

"உலகமே அப்படித்தான் எழுதுதுப்பா."

"உலகம் என்கிட்ட படிக்கல" என்றார் அவர்.

அவர் கையெழுத்துப் போட மறுத்தார். தவறு செய்தது கல்லூரி, அவர்களைப் போய்த் திருத்தச் சொல் என்றார். அடுத்த சனிக்கிழமையும் அதே பேச்சு. மகளைத் தனியாகத் தீவுக்கு அனுப்ப அவருக்கு மனசில்லை என்பது எனக்கே புரிந்தது. அதைச் சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. எழுத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

மூன்றாவது முறை போனபோது டீச்சர் பேசவே இல்லை. மாலத்தீவிலிருந்து வந்திருந்த நியமனக் கடிதத்தை மட்டும் அவர் முன்னால் வைத்தார். ஒரிஜினல். அப்பா அதைப் பூதக்கண்ணாடி வைத்து ஒரு முறை படித்தார். திரும்பவும் படித்தார். மகளின் பெயர் அச்சடித்திருந்த இடத்தில் விரலை வைத்துத் தடவினார். பிறகு எழுந்துபோய், சபைக்குப் போட்டுப்போகிற கோட்டை மாட்டிக்கொண்டு வந்தார்.

"கிளம்பு. மாயவரத்துல நோட்டரி ஒரு மணிக்கு மேல இருக்க மாட்டான்."

நோட்டரி எழுதியதை அவர் வாங்கிப் பார்த்து, "இதுல 'கவனக்குறைவால்'னு இருக்கு. யாரோட கவனக்குறைவுன்னு இல்லையே" என்றார். "நாப்பது வருஷம் பிள்ளைங்க தப்பைத் திருத்துனவன் நான். 'என் பிழையால்'னு போடுங்க." அப்படியே போட்டார்கள். அவர் நிதானமாக, ஒவ்வொரு எழுத்தாகக் கையெழுத்துப் போட்டார். டீச்சர் சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

இனி பாக்கி மருத்துவச் சான்று மட்டும்தான். நெஞ்சு எக்ஸ்-ரே எடுத்தார்கள். வலது நுரையீரலின் மேல்பகுதியில் ஒரு நிழல் விழுந்திருந்தது.

"வீட்ல யாருக்காவது டி.பி. இருந்துச்சா?" என்று டாக்டர் கேட்டார்.

"அம்மாவுக்கு. எனக்குப் பன்னெண்டு வயசு அப்போ. நான்தான் பக்கத்துல இருந்து பாத்துக்கிட்டேன்."

"உங்களுக்கும் வந்து, தானா ஆறிப்போயிருக்கு. இது பழைய தழும்பு. இப்ப உங்களுக்கு ஒண்ணுமே இல்ல. ஆனா அவங்க பாரத்துல 'நுரையீரலில் எந்தக் குறியும் இல்லை'ன்னு இருக்கு. அதுல நான் எப்படிம்மா கையெழுத்துப் போடுறது?"

ஊரில் உள்ள அதிகாரிகளை எல்லாம் துரத்தித் துரத்திக் கையெழுத்து வாங்கியவர், அந்த டாக்டரை இன்னொரு முறை கேட்கவில்லை. "சரிங்க டாக்டர்" என்று எழுந்து வந்துவிட்டார்.

அறையில் செல்வி அழுதாள். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு ஒரு யோசனை சொன்னாள். "டீச்சர், வேற இடத்துல உங்க பேர்ல நான் போய் எக்ஸ்-ரே எடுத்துக்குறேன். என் நெஞ்சு சுத்தமா இருக்கும். யாரு வந்து பாக்கப் போறா?"

டீச்சர் அவளை நிமிர்ந்து பார்த்தார். "ட்ரூ காப்பின்னு எனக்குப் பேர் வெச்சதே நீதான். இப்ப நீயே பொய்க் காப்பி அனுப்பச் சொல்றியா?"

டீச்சர் எக்ஸ்-ரே படத்தைப் பெட்டியின் அடியில், புடவைகளுக்குக் கீழே வைத்தார். அவர் நகல் எடுக்காத ஒரே ஆவணம் அதுதான்.

அடுத்த சனிக்கிழமை தரங்கம்பாடிக்குக் கிளம்பும்போது என் கையைப் பிடித்துக்கொண்டார். "அப்பாகிட்ட இத சொல்லாத. என்ன கேட்டாலும் சொல்லாத."

அப்பா வாசலிலேயே நின்றிருந்தார். தெருவில் இரண்டு வீட்டுக்காரர்களிடம் மகள் வெளிநாடு போகிற சேதியைச் சொல்லியிருந்தார் போல. அவர்களும் எட்டிப் பார்த்தார்கள்.

"டாக்டர் பாத்தாச்சா?"

"பாத்தாச்சுப்பா. எல்லாம் நல்லாருக்கு."

"அப்ப எப்ப கிளம்பணும்?"

"நான் போகலப்பா. வேண்டாம்னு எழுதிட்டேன்."

அவருக்கு விளங்கவில்லை. டீச்சர் சொன்னார்: "பயமா இருக்குப்பா. சுத்தியும் கடலு."

எந்த அறையில் படுத்தாலும் அலைச் சத்தம் கேட்கிற வீடு அது. அந்த வீட்டில் பிறந்து வளர்ந்தவர் இதைச் சொன்னார். இதைவிட மோசமான பொய்யை நான் என் வாழ்க்கையில் கேட்டதில்லை. வேறு நாளாக இருந்தால் விழுந்து விழுந்து சிரித்திருப்பேன்.

"அதுக்கா என்னைய நோட்டரி முன்னாடி நிக்க வெச்ச?" என்றார் அப்பா. குரல் உயரவில்லை. "அதுக்கா என் பிழைன்னு எழுத வெச்ச?"

எனக்குத் தாங்கவில்லை. "சார்..." என்று வாயைத் திறந்தேன்.

"நீ காப்பியக் குடி, ஆறுது" என்றார் டீச்சர். நான் குடித்தேன்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் கேட்டேன். "ஏன் டீச்சர்? உண்மையச் சொன்னா அவரு கோவிச்சுக்க மாட்டாரே."

டிக்கெட்டை மடித்துக் கைப்பையில் வைத்துவிட்டுச் சொன்னார். "எங்கம்மா இருமுன சத்தம் இன்னும் அவரு காதுல இருக்கு. நான் லேசா தும்முனாலே எந்திரிச்சு உக்காந்துடுவாரு. அவருகிட்டப் போயி இந்தப் படத்தக் காட்டச் சொல்றியா? என்மேல கோவமாவே இருக்கட்டும். கோவம் வந்தா அவரு நல்லா சாப்புடுவாரு."

ஆறு மாசம் அப்பா அவரிடம் பேசவில்லை. டீச்சர் ஒரு சனிக்கிழமை தவறாமல் போய், சமைத்து வைத்து, பதில் இல்லாத கேள்விகளைக் கேட்டுவிட்டு வந்துகொண்டிருந்தார். கிறிஸ்துமஸுக்கு முன்னால் விடுதிக்கு ஒரு போஸ்ட் கார்டு வந்தது. 'பண்டிகைக்கு இரண்டு நாள் முன்னதாக வரவும்' என்று ஒரே வரி. முகவரியில் டீச்சர் பெயருக்கு முன்னால், அப்பாவின் அழகான கையெழுத்தில், 'ஜி' என்று இருந்தது. டீச்சர் அந்தக் கார்டை வைத்துக்கொண்டு அன்றைக்குப் பள்ளிக்கூடத்துக்கே போகவில்லை.

இதற்கு நடுவில் அவர் இன்னொரு காரியம் செய்திருந்தார். மாலத்தீவுக்கு 'வர இயலாது' என்று எழுதிய கடிதத்தின் கடைசியில், தகுதியான ஆசிரியை ஒருவர் இருக்கிறார் என்று செல்வியின் பெயரைச் சேர்த்திருந்தார். செல்விக்கு அழைப்பு வந்தபோது அவள் நம்பவில்லை. அவளுடைய அம்மா திருத்துறைப்பூண்டிப் பக்கம் நடவு வேலைக்குப் போகிறவர். அவள்தான் அந்தத் தெருவிலேயே முதல் பட்டதாரி. அவளுடைய கோப்பை டீச்சர் தானே எடுத்துக்கொண்டார். அதே ஜெராக்ஸ் கடை, அதே மாட்டு ஆஸ்பத்திரி வரிசை, அதே டாக்டர். ஒப்புதல் கடிதத்தில் அம்மாவின் கைநாட்டு வேண்டியிருந்தது. நடவு நேரம், அவரால் வர முடியவில்லை. டீச்சர் செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டு வரப்பில் நடந்து போய் வாங்கி வந்தார். மூன்று பிரதியிலும் விரலடையாளத்தைச் சுற்றிச் சேறு அப்பியிருந்தது.

"அழுக்கா இருக்கே டீச்சர், வேற எடுப்போமா?" என்று செல்வி பயந்தாள்.

"இருக்கட்டும். எல்லாம் ஒரிஜினல் சேறு" என்றார் டீச்சர்.

ஒரு ஆட்சேபணையும் இல்லாமல் செல்விக்குப் பர்மிட் வந்தது. திருவனந்தபுரம் ரயிலில் அவளை ஏற்றிவிடப் போனோம். வாந்தி மாத்திரை, தேங்காய் எண்ணெய், கோப்பு, கோப்பின் நகல், நகலின் நகல் எல்லாம் அவள் கையில். ரயில் நகர்ந்த பிறகும் டீச்சர் பிளாட்பாரத்தில் நின்றுகொண்டே இருந்தார். "தீவுல நல்ல தண்ணி எப்படி இருக்குன்னு எழுதச் சொல்ல மறந்துட்டேன்" என்றார். சொல்லியிருந்தார். என் காதால் கேட்டேன்.

அப்பா அதற்குப் பிறகு நான்கு வருஷம் இருந்தார். மகளுக்குக் கடல் பயம் என்றே கடைசிவரை நம்பினார். என்னைப் பார்க்கிறபோதெல்லாம், "இவளை அலைப் பக்கம் கூட்டிப் போகாதம்மா" என்பார். டீச்சர் தலையைக் குனிந்துகொள்வார்.

நான் கல்யாணமாகிச் சென்னைக்கு வந்துவிட்டேன். டீச்சர் அதே பள்ளியில், அதே வாய்வார்த்தையில், கண் மங்கும்வரை கணக்கு எடுத்தார். நர்சுகள், டீச்சர்கள், லேப் டெக்னீஷியன்கள் என்று விடுதிக்கு வந்த பெண்கள் பலருக்குக் கோப்பு தயாரித்துக் கொடுத்து, மாலத்தீவுக்கும் சிங்கப்பூருக்கும் வளைகுடாவுக்கும் அனுப்பிவைத்தார். அவர் தயாரித்த ஒரு கோப்புகூடத் திரும்பி வந்ததில்லை. அவரிடம் பாஸ்போர்ட் இருந்தது. அதில் ஒரு முத்திரைகூட விழவில்லை.

போன மார்கழியில் செல்விதான் போன் செய்து சொன்னாள். வேலையை விட்டபின் தரங்கம்பாடி வீட்டுக்கே போய்விட்ட டீச்சர், காலையில் நாற்காலியில் உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லையாம். நான் போய்ச் சேர்ந்தபோது அந்தச் சின்னக் கல்லறைத் தோட்டம் முழுக்கப் பெண்கள். எந்தெந்த நாட்டிலிருந்தோ விடுமுறைக்கு வந்திருந்தவர்கள். ஒருத்தியை ஒருத்திக்குத் தெரியாது. எல்லாரும் அழுதார்கள்.

கடல் பக்கம் கொஞ்ச நேரம் தனியாக நின்றுவிட்டு வந்தேன். அவர் என்னிடம் கேட்டது ஒன்றே ஒன்றுதான், அதை இத்தனை வருஷம் காப்பாற்றினேன். இப்போது இதை எழுதி ஊரறியச் சொல்லிவிட்டேன். என்மேல் கோவித்துக்கொள்ளவாவது நீங்கள் இருந்திருக்கலாம், டீச்சர்.