குறையே இல்லாத குறைகடத்தி

நம்மிடையே ஓர் இனம் உலவுகிறது, வாசகரே. எதிரே நிற்கும் பொருளை அது நம்பாது. தொட்டுப் பார்த்தவன் சொன்னாலும் நம்பாது. கம்ப்யூட்டர் திரையில் தான் போட்ட கோட்டை மட்டும் நம்பும். கோட்டுக்கும் உலகத்துக்கும் தகராறு வந்தால் உலகத்தைக் கூப்பிட்டுக் கண்டிக்கும். இந்த இனத்துக்கு மாடல்காரர் என்று நான் பெயர் வைத்திருக்கிறேன்.

மாடல்காரர் வங்கியிலும் உண்டு, மழை வருமா வராதா என்று சொல்லும் ஆபீசிலும் உண்டு. ஆனால் நன்றாக வளர்ந்த ஒருவரைப் பார்க்க வேண்டுமானால், திண்டிவனத்திலிருந்து விழுப்புரம் போகும் பஸ்ஸில் ஏறி, பாதி வழியில், வேலிகாத்தான் புதருக்கு நடுவே நாலு மாடி உயரத்துக்கு நிற்கும் ஒரு பொறியியல் கல்லூரியின் வாசலில் இறங்குங்கள். இரண்டாவது மாடியில் ஏ.சி. ஓடும் ஒரே அறை. உள்ளே இருப்பவர் முனைவர் வல்லரசு, மின்னணுத் துறைத் தலைவர்.

அவருடைய ஆராய்ச்சி குறைகடத்திகளைப் பற்றியது. செல்போனுக்குள்ளும் சோலார் தகட்டுக்குள்ளும் இருந்துகொண்டு, மின்சாரத்தைக் கொஞ்சம் விட்டுக் கொஞ்சம் தடுக்கிறதே, அந்தப் பொருள்தான் குறைகடத்தி. அதைக் கையால் செய்து பார்க்கக் கருவி வேண்டும், பொறுமை வேண்டும், உடைந்தால் முதலிலிருந்து தொடங்கவேண்டும். கம்ப்யூட்டருக்குள்ளேயே செய்ததாகப் பாவித்துப் பார்க்கும் சிமுலேஷனில் இந்தத் தொல்லை எதுவும் கிடையாது. மென்பொருளைத் திறந்து, இந்தப் படலம் இவ்வளவு தடிமன், அதன் மேல் இன்னொன்று இவ்வளவு, எல்லாவற்றுக்கும் மேலே வெயில் அடிக்கட்டும் என்று எழுதினால் போதும், உடனே வெயில் அடிக்கும். அரை நிமிஷத்தில் அழகான வளைகோடு ஒன்று வந்து நிற்கும். தடிமனைப் பத்து நானோமீட்டர் கூட்டினால் ஒரு கட்டுரை. இன்னொரு பத்து கூட்டினால் இன்னொரு கட்டுரை. நடுவிலிருக்கும் பொருளின் பெயரை மாற்றினால் சர்வதேச மாநாடு. இப்படி அறுபத்து மூன்று கட்டுரைகள். அவற்றில் வரும் சாதனங்களில் ஒன்றையாவது அவர் கையால் தொட்டிருக்கிறாரா என்றா கேட்கிறீர்கள்? மழைக்குக்கூட சோதனைச்சாலைப் பக்கம் ஒதுங்கியதில்லை.

ஏன் ஒதுங்கவேண்டும்? அவருடைய மென்பொருளுக்குள் வருஷம் பூராவும் இருபத்தேழு டிகிரி. வெளியே திண்டிவனம் நாற்பத்தொன்றில் வெந்துகொண்டிருக்கும். உள்ளே தூசி இல்லை, ஈரக்காற்று இல்லை, கரண்டு போவதில்லை. படிகத்தில் பெயருக்கு ஒரு பழுது கிடையாது. குறையே இல்லாத குறைகடத்தி. "ஐடியலா எடுத்துக்கிட்டா" என்றுதான் எந்தப் பேச்சையும் ஆரம்பிப்பார். கேண்டீனில் தோசை தாமதமானால்கூட, "ஐடியலா எடுத்துக்கிட்டா நாலு நிமிஷத்துல வந்திருக்கணும்" என்பார்.

வீட்டிலும் இதே கதைதான். மொட்டை மாடியில் சோலார் தகடு வைத்த அன்று, இனிமேல் கரண்டு நிற்காது என்று ஒரு வரைபடம் போட்டு அச்சடித்து ஃபிரிஜ் கதவில் ஒட்டினார். சாயங்காலம் மிக்சி நின்றது.

"என்னங்க, நின்னுபோச்சு" என்றாள் மனைவி வெண்ணிலா.

"நிக்கக் கூடாதே" என்றார் வல்லரசு. வரைபடத்தைப் பார்த்துச் சொன்னார். மிக்சியைப் பார்க்கவில்லை.

இப்படிப்பட்டவரிடம் ஆராய்ச்சி மாணவியாக வந்து மாட்டியவள் கலைப்பிரியா. ஊர் கெடார். வீட்டில் மல்லாட்டை, அதாவது நிலக்கடலை, பயிர் போடுகிறவர்கள். தினமும் இரண்டு பஸ் மாறி வருவாள். பெரோவ்ஸ்கைட் என்ற பொருளால் ஆன சூரிய மின்கலத்தை அவள் சிமுலேஷன் செய்தாள். அதன் திறன் இருபத்தொன்பது புள்ளி ஆறு சதவீதம் என்று வந்தது. விழுகிற வெயிலில் நூற்றுக்குக் கிட்டத்தட்ட முப்பது பங்கு மின்சாரமாகிவிடும் என்று அர்த்தம். வல்லரசு அந்த வளைகோட்டைப் பெரிதாக அச்சடித்து, தன் நாற்காலிக்குப் பின்னால் மாட்டினார். வருகிறவர்களுக்கெல்லாம் காட்டினார்.

நாலாவது வருஷத்தில் அந்தப் பெண்ணுக்கு ஒரு விபரீத ஆசை வந்தது.

"இத செஞ்சு பாத்தா என்ன சார்?"

"எதுக்கும்மா? அதான் பாத்தாச்சே."

அவள் கேட்கவில்லை. புதுச்சேரியில் ஓர் ஆராய்ச்சிக்கூடத்தில் கருவிகள் இருந்தன; கெஞ்சிக் கூத்தாடி, வாரத்தில் இரண்டு நாள் அங்கே வேலை செய்ய அனுமதி வாங்கினாள். வளவனூர் வழியாகப் போகிற பஸ்ஸில் நின்றுகொண்டே போய்வந்தாள். கண்ணாடித் துண்டைச் சுழலவிட்டு, கரைசலைச் சொட்டி, சூடுபண்ணி, பாழாய்ப்போனதை எறிந்துவிட்டு மறுபடி செய்தாள். மூன்று மாதத்தில் கறுப்பாக, நகத்தளவில், நிஜமாகவே ஒரு மின்கலம் வந்தது. சூரியனைப் போல் எரியும் விளக்குக்குக் கீழே வைத்து அளந்தாள். மூன்று புள்ளி இரண்டு.

கல்லூரியின் கருவிகளை இருபது வருஷமாகப் பார்த்துக்கொள்ளும் டெக்னீஷியன் தேவசகாயத்திடம் அதைக் கொண்டுவந்தாள். அவர் மீட்டரை இரண்டு தரம் சோதித்துவிட்டு அளந்தார். அதே மூன்று புள்ளி இரண்டு. நாலாம் நாள் பார்த்தால் கறுப்பாக இருந்தது மஞ்சளாகிக்கிடந்தது. ஈரக்காற்று பட்டால் அந்தப் பொருள் அப்படித்தான் கெட்டுப்போகும்.

இருவரும் ஏ.சி. அறைக்குப் போனார்கள்.

"அளந்துக்கினு வந்துட்டேன் சார். மூணு புள்ளி ரெண்டுதான் வருது."

வல்லரசு தலையைத் தூக்கவில்லை. "மீட்டர்ல கோளாறு."

"நானே செக் பண்ணேன் சார்" என்றார் தேவசகாயம். "மீட்டர் கரெக்டாத்தான் கீது."

"அப்ப செல்லு தப்பு."

"செல்லு எப்பிடி சார் தப்பாவும்? அது இருக்கிற மாதிரிதானே இருக்கும்" என்றாள் கலைப்பிரியா.

வல்லரசுக்கு உண்மையிலேயே மனசு வலித்தது. அவர் கெட்டவர் இல்லை, அதையும் சொல்லிவிடவேண்டும். பதினெட்டு வருஷமாகக் கட்டிய வீட்டில் யாரோ சுவரைத் தட்டிப் பார்ப்பது போல் இருந்தது அவருக்கு. "தீசிஸ்ல இத எழுதாதம்மா. வீணா பேஜாரு" என்று மட்டும் சொன்னார்.

அவள் வேறொரு காரியம் செய்தாள். மென்பொருளைத் திறந்து, முதல்முறையாக அதனிடம் நிஜத்தைச் சொன்னாள். படிகத்தில் இருந்த பழுதுகளைச் சொன்னாள். கலத்தின் உண்மையான சூட்டைச் சொன்னாள். படலங்கள் ஒட்டும் இடத்தில் மின்சாரம் படும் பாட்டைச் சொன்னாள். மென்பொருள் அரை நிமிஷம் யோசித்துவிட்டுச் சொன்ன விடை: மூன்று புள்ளி நான்கு.

யோசித்துப் பாருங்கள். மென்பொருள் ஒரு நாளும் பொய் சொன்னதில்லை. கேட்டவர்தான் அதைப் பொய் சொல்ல வைத்திருந்தார்.

கலைப்பிரியா இரண்டு கோடுகளையும் ஒரே தாளில் போட்டு எடுத்துக்கொண்டு ஓடினாள். அளந்த கோட்டின் மேலேயே கணக்கிட்ட கோடு உட்கார்ந்திருந்தது. இந்தத் துறையில் இதைவிடச் சந்தோஷமான காட்சி கிடையாது. வல்லரசு வெகுநேரம் பார்த்தார்.

"நல்லாருந்த மாடலக் கெடுத்துட்டியேம்மா" என்றார்.

ஆய்வேட்டில் கையெழுத்துப் போட மாட்டேன் என்றும் சொன்னார். மாதக் கடைசியில் அவளுடைய ஆராய்ச்சிப் பதிவு காலாவதியாகிவிடும். அப்புறம் ஐந்து வருஷ உழைப்பும் பழைய பேப்பர். இருபது நாள் அவருடைய அறை வாசலில் அவள் நின்றாள், அவர் மீட்டிங்குக்குப் போனார். கடைசியில் தேவசகாயம்தான் சமாதானம் பேசினார்: "பின்னிணைப்புல போட்டுரட்டும் சார். கடைசிப் பக்கம். யாரு படிக்கப் போறாங்க?"

வல்லரசு யோசித்தார். வெளித்தேர்வாளராக இதுவரை முப்பது ஆய்வேடுகளைத் தேற்றியவர் அவர். ஒன்றிலாவது பின்னிணைப்பைப் புரட்டியதுண்டா? அந்தத் தைரியத்தில் கையெழுத்துப் போட்டார்.

ஆறு மாதம் கழித்து வாய்மொழித் தேர்வு. வடக்கே ஓர் ஆராய்ச்சி நிறுவனத்திலிருந்து தேர்வாளராக வந்தவர் டாக்டர் இசைவாணி, ஐம்பது வயதிருக்கும். செமினார் ஹாலில் நாற்பது பேர். கலைப்பிரியா ஒரு மணிநேரம் இருபத்தொன்பது புள்ளி ஆறைப் பற்றிப் பேசினாள். வல்லரசு முன்வரிசையில் தலையாட்டிக்கொண்டிருந்தார். இசைவாணி ஆய்வேட்டைப் பின்பக்கத்திலிருந்து திறந்தார்.

"இந்தக் கடைசி ஆறு பக்கத்துக்காகத்தான் நான் ரயில் ஏறினேன். அந்த செல் இருக்கா?"

தேவசகாயம் சின்ன பிளாஸ்டிக் டப்பாவோடு வந்தார். அது முன்வரிசையில் கைமாறிக் கைமாறி வல்லரசுவின் கைக்கு வந்தது. கண்ணாடித் துண்டு, மஞ்சள் கறை, ஓரத்தில் கோணலாகப் பூசிய வெள்ளி. தன் துறையின் சாதனம் ஒன்றை அவர் கையில் வாங்கியது அதுதான் முதல் தடவை. இவ்வளவு இலேசாகவா இருக்கும்? ஒரு கணம், ஒரே ஒரு கணம், ஏதோ கேட்க வாயெடுத்தார். பிறகு டப்பாவைப் பக்கத்திலிருந்தவரிடம் தள்ளிவிட்டார்.

"ஆய்வேட்டின் உயிரே இதுதான். இதை ஏன் பின்னால் ஒளித்து வைத்திருக்கிறீர்கள்?" என்று இசைவாணி கேட்டார்.

வல்லரசு எழுந்தார். "மேடம், இந்தப் பரிசோதனையைச் சேர்க்கச் சொன்னதே நான்தான். மாடலைச் சரிபார்க்கவேண்டும் என்பது எங்கள் துறையின் கொள்கை."

கலைப்பிரியா மைக்கைப் பார்த்தாள். பட்டத்துக்கு வல்லரசு இன்னும் ஒரு கையெழுத்துப் போடவேண்டியிருக்கிறது என்பது அவளுக்குத் தெரியும்.

"சார் வேணாம்னுதான் சொன்னாரு மேடம்" என்றாள். "மீட்டர் தப்பு, செல்லு தப்புன்னாரு. நான்தான் பிடிவாதமா வச்சேன். கடைசிலதான் எடம் குடுத்தாங்க."

இசைவாணி வல்லரசுவைத் திரும்பிப் பார்த்தார். வல்லரசு சிரித்தார். நாற்பது பேருக்கு எதிரில் வேறென்ன செய்வது? பட்டம் வழங்கலாம் என்று தேர்வாளர் அங்கேயே எழுதிக் கையெழுத்திட்டு, பேனாவையும் தாளையும் அவர் முன்னால் வைத்து, எழுந்து போகாமல் உட்கார்ந்திருந்தார். வல்லரசு போட்டார்.

கலைப்பிரியா இப்போது புதுச்சேரி ஆராய்ச்சிக்கூடத்தில் வேலை பார்க்கிறாள். மஞ்சளாக மாறாத கலம் ஒன்று செய்துவிட்டாளாம்; திறன் பதினொன்று. அளந்தது.

வல்லரசு என்னவானார்? ஒன்றும் ஆகவில்லை. மாடல்காரர்களுக்கு ஒன்றும் ஆவதில்லை. மறுவாரமே கல்லூரி வாசலில் ஃப்ளெக்ஸ் எழுந்தது: முனைவர் வல்லரசு அவர்களின் வழிகாட்டுதலில் 29.6 சதவீதத் திறன் கொண்ட சூரிய மின்கலம். அதைக் கட்டிக்கொண்டிருந்த தேவசகாயம் கீழே நின்ற வல்லரசுவிடம், "மூணு புள்ளி ரெண்டுன்னுதானே சார் அளந்தோம்" என்றார்.

"ஃப்ளெக்ஸ்ல அது எடுப்பா இருக்காது. இழுத்துக் கட்டுங்க."

சிரிக்கிறீர்கள், சந்தோஷம். இரத்தப் பரிசோதனைக்குப் போய்வந்தீர்களே, சர்க்கரை இருநூற்று முப்பது என்று தாளில் கொடுத்தார்களே, அதை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, இந்த லேப் சரியில்லை, வேறு இடத்தில் பார்க்கலாம் என்றீர்களே. வேறு இடத்தில் என்ன சொன்னார்கள்?