பார்க்காதவர்களுக்கு நைட் வாட்ச்மேன் விளக்கம்

கிரிக்கெட் பார்க்கிறவர்களால் உலகத்துக்குக் கெடுதல் ஒன்றும் இல்லை. அவர்கள் பாட்டுக்கு சோபாவில் சாய்ந்து கிடப்பார்கள், கூப்பிட்டால் காது கேட்காது, தட்டில் சோறு ஆறிப்போகும், அவ்வளவுதான். பார்க்காதவர்களாலும் கெடுதல் இல்லை. நான் உங்களை எச்சரிக்க வந்தது மூன்றாவது ஓர் இனத்தைப் பற்றி. பார்க்காதவர்களுக்கு விளக்குகிறவர். இவர் ஆட்டத்தைப் பார்ப்பது பாதி நேரம்தான். மீதி நேரத்தில், அறைக்குள் யாராவது பார்க்காதவர் இருக்கிறாரா என்று பார்ப்பார்.

இவரை அடையாளம் காண்பது சுலபம். "நீங்க பாக்கறதில்ல, இல்ல?" என்று கேட்பார். கேட்கும்போது முகத்தில் ஓர் இரக்கம் வரும், டாக்டர்கள் ரிப்போர்ட்டைப் பிரிக்கும் முன்பு வருகிற அதே இரக்கம். இல்லை என்று சொன்னீர்களோ, மாட்டிக்கொண்டீர்கள். கொஞ்சம் பார்ப்பேன் என்று தப்பிக்க நினைத்தால் இன்னும் மோசம். புதிதாகக் கற்றுக் கொடுப்பதோடு, ஏற்கெனவே தப்பாகக் கற்றதைத் திருத்தும் கடமையும் அவர் தலையில் விழுந்துவிடும். உப்பு டப்பா ஸ்டம்ப் ஆகும், கரண்டி பேட் ஆகும், உங்கள் இட்லி ஷார்ட் லெக்கில் போய் நிற்கும். ஆட்டம் முடிந்து எடுத்துச் சாப்பிடலாம் என்று பார்த்தால், அதற்குள் அவர் அதை ஃபீல்டிங் மாற்றி மாற்றி உதிர்த்திருப்பார்.

எங்கள் வீட்டு மாடியில் இருக்கும் அருண்ராஜ் இந்த இனத்தில் தலைசிறந்தவர். ஹனூர்ப் பக்கத்துக் குடும்பம். மைசூருக்கு வந்து குவெம்புநகரில் குடியேறி, ஹெப்பாளில் ஒரு தொழிற்சாலையில் சூப்பர்வைசராக இருக்கிறார். காலையில் கம்பெனி பஸ்ஸில் ஏறினால் இறங்கும்வரை வகுப்புதான். அந்த பஸ்ஸில் இயர்போன் மாட்டாமல் யாராவது உட்கார்ந்திருந்தால் அவர் வேலைக்குப் புதிது என்று அர்த்தம்.

வாழ்க்கையில் நடப்பதற்கெல்லாம் அவரிடம் கிரிக்கெட்டில் ஒரு வார்த்தை இருக்கும். அதை மட்டும் சொல்லிவிட்டுப் போனாலும் பரவாயில்லை. அர்த்தத்தையும் சொல்வார், எங்கெல்லாம் பயன்படுத்தலாம் என்றும் சொல்வார். பக்கத்துத் தெருப் பெரியவர் ஒருவர் நன்றாக வாழ்ந்து இறந்துபோனார். துக்கம் கேட்கப் போன இடத்தில் அருண்ராஜ் அவர் மனைவி பசம்மாவிடம், நல்ல இன்னிங்ஸ் ஆடிவிட்டுப் போயிருக்கிறார் என்றார். அந்த அம்மாவுக்குப் புரியவில்லை. நீங்களும் நானும் என்றால் அத்தோடு விட்டிருப்போம். இவர் பாடைக்குப் பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, இன்னிங்ஸ் என்றால் என்ன, டெஸ்ட் ஆட்டத்தில் ஒருவருக்கு இரண்டு இன்னிங்ஸ் எப்படி வரும் என்று பொறுமையாக விளக்கினார். பசம்மா அழுகையை நிறுத்திவிட்டு நம்பிக்கையோடு நிமிர்ந்தார். இவருக்கு இரண்டாவது எப்போது என்று கேட்டார்.

இதையெல்லாம் நாங்கள் சிரித்துக்கொண்டே தாங்கிக்கொண்டோம். வினை வந்தது குழந்தையின் காதில்.

அருண்ராஜுக்கும் கனகாவுக்கும் ஒரு பெண் குழந்தை. கனகாவின் அண்ணன் நஞ்சுண்டசாமி சாமராஜநகரில் மஞ்சள் வியாபாரம் செய்கிறவர். நல்ல மனிதர், கோபக்காரர். இவர்கள் வழக்கத்தில் குழந்தைக்குக் காது குத்துவதென்றால் தாய்மாமன் மடியில் உட்காரவைத்துத்தான் குத்த வேண்டும். மாமன் மடி இல்லாமல் காது குத்துவதும், மாப்பிள்ளை இல்லாமல் தாலி கட்டுவதும் இவர்களுக்கு ஒன்றுதான். குழந்தை பிறந்த அன்றைக்கே நஞ்சுண்டசாமி மருமகளைக் கையில் வாங்கி, "காது குத்தறது என்ற மடியிலதான்" என்று சொல்லி வைத்தவர். நாள் பார்த்தார், கம்மல் எடுத்தார், சொந்தபந்தத்துக்கெல்லாம் சொன்னார். அந்த நாள் ஒரு டெஸ்ட் ஆட்டத்தின் மூன்றாம் நாளில் வந்து விழுந்தது. அவருக்கு அது தெரியாது. அவர் பார்க்கிறதில்லை.

அருண்ராஜ் என்ன செய்தார் தெரியுமா? கனகா ரவிக்கை தைக்கக் கொடுக்கப் போயிருந்த நேரத்தில் குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஒரு நகைக்கடைக்குப் போனார். அங்கே துப்பாக்கி மாதிரி ஒன்றை வைத்து டப் டப் என்று இரண்டு காதையும் குத்தி, கடைத் தோட்டையும் மாட்டி அனுப்பிவிட்டார்கள். காதுதான் குத்தியாகிவிட்டதே, இனி எதற்கு விசேஷம், மூன்றாம் நாள் ஆட்டத்தை நிம்மதியாகப் பார்க்கலாம் என்பது கணக்கு. கனகா திரும்பி வந்து பார்த்தாள். அண்ணன் முகத்தில் எப்படி விழிப்பேன் என்று அழுதாள். அதற்குப் பிறகு அண்ணனிடமிருந்து போன் வந்தாலும் எடுக்கவில்லை, புருஷனோடும் பேசவில்லை. பேசியது ஒரே ஒரு வாக்கியம்: எங்கண்ணனிடம் நீங்களே போய்ச் சொல்லுங்கள்.

தானே போவதா? அந்த வீட்டில் அப்படி ஒரு பழக்கமே கிடையாது. கெட்ட செய்தி சொல்ல, காரியம் தள்ளிப்போனதற்கு மன்னிப்புக் கேட்க, கோபமாக இருக்கிறவர் வாசலில் முதலில் போய் நிற்க, அவர்களிடம் சித்தையன் இருந்தார். அருண்ராஜின் அக்கா பூங்குழலியின் கணவர். மெதுவாகப் பேசுவார், யார் திட்டினாலும் தலையாட்டிக் கேட்பார், கேட்டுவிட்டுத் தண்ணீர் வாங்கிக் குடிப்பார். அந்தக் குடும்பத்தில் ஒரு கல்யாணம் நின்றுபோனதைப் பெண் வீட்டாரிடம் போய்ச் சொன்னவர் அவர்தான். அருண்ராஜ் காலி செய்யாமல் இழுத்தடித்த வீட்டுச் சொந்தக்காரரிடம் வாங்கிக் கட்டிக்கொண்டவரும் அவர்தான். ஒவ்வொரு முறையும் சலவை வேட்டி கட்டி, நெற்றியில் விபூதி வைத்து, ஒரு பெரிய காரியத்துக்குப் போகிறவர் மாதிரிதான் கிளம்புவார். தன்னைத்தான் குடும்பத்தில் பெரிய மனிதராக முன்னே நிறுத்துகிறார்கள் என்று அவர் நம்பினார். அவரிடம் இருந்த பெருமை அது ஒன்றுதான்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் இந்த விஷயத்தைப் பேச எல்லோரும் மாடியில் கூடியிருந்தோம். டிவியில் அந்தத் தொடரின் முந்தைய டெஸ்ட் ஓடிக்கொண்டிருந்தது. சித்தையன் மறுநாள் காலை பஸ்ஸில் சாமராஜநகர் போவது என்று முடிவாகி, அவரும் சரி என்று தலையாட்டியாயிற்று. அப்போது பார்த்து ஒரு விக்கெட் விழுந்தது. காபி கொண்டுவந்த பூங்குழலி டிவியைப் பார்த்துவிட்டு, நன்றாக ஆடுகிறவன் உள்ளே சும்மா உட்கார்ந்திருக்க, பேட் பிடிக்கவே தெரியாதவனை ஏன் அனுப்புகிறார்கள் என்று கேட்டுவிட்டாள். பாவம், வெள்ளந்தியாகத்தான் கேட்டாள். அருண்ராஜின் முகத்தில் விளக்கு ஏற்றியதுபோல் ஒரு வெளிச்சம் வந்தது.

"அவம் பேரு நைட் வாட்ச்மேன் அக்கா. இருட்டற நேரத்துல விக்கெட் போச்சுன்னா நல்ல பேட்ஸ்மேன எறக்க மாட்டாங்க. போனாப் போகட்டும்னு ஒருத்தன எறக்குவாங்க."

பூங்குழலிக்குப் புரியவில்லை. இந்த இனத்துக்கு அதைவிட இன்பம் வேறு இல்லை. அருண்ராஜ் உப்பு டப்பாவைத் தேடினார், கிடைக்கவில்லை. அறையைச் சுற்றிப் பார்த்தார். உதாரணம் எதிரிலேயே உட்கார்ந்து காபி ஆற்றிக்கொண்டிருந்தது.

"இப்ப நம்ம சாமராஜநகர் விசயமே எடுத்துக்கக்கா. மச்சான் புதுக் கோவத்துல இருப்பாரு. நான் மொதல்லயே போனா மாட்டிக்குவேன். அதுக்கு மாமாவ எறக்கறோம். திட்டறதெல்லாம் அவரு வாங்கிக்குவாரு. கோவம் தேஞ்ச பொறகு நான் போறேன். அஷ்டே, அவ்வளவுதான். இதான் நைட் வாட்ச்மேன்."

பூங்குழலிக்கு இப்போது புரிந்துவிட்டது. எல்லோருக்கும் புரிந்துவிட்டது. புரிந்தது தெரியாமல் அருண்ராஜ் மட்டும் இன்னும் இரண்டு உதாரணம் சொன்னார், நின்றுபோன கல்யாணம் ஒன்று, வீட்டுச் சொந்தக்காரர் ஒன்று. சித்தையன் டம்ளரைக் கீழே வைத்தார்.

"அவன் அவுட்டானா என்னங் மாப்ள?"

"ஆனா ஆவட்டுங் மாமா. அதுக்குத்தான அவன்."

நான் விடைபெற்றுக்கொண்டு இறங்கியபோது, சித்தையனும் பூங்குழலியும் படியில் நின்றிருந்தார்கள். பூங்குழலி அழுதுகொண்டிருந்தாள், நீங்கள் போக வேண்டாம் என்று அவர் கையைப் பிடித்துக்கொண்டிருந்தாள். அவர் என்னைப் பார்த்ததும் சிரிக்க முயன்றார், வரவில்லை. "மரியாதைன்னு இருந்தனே பூங்குழலி. இத்தன வருசமா மரியாதைன்னே இருந்தனே" என்றார். எனக்கு மேலே போய் அந்த டிவியைத் தூக்கிப் போட்டு உடைக்கலாம் போலிருந்தது.

மறுநாள் அவர் போனார். வேட்டி, விபூதி எல்லாம் வழக்கம்போலத்தான். ராத்திரிச் சாப்பாட்டுக்குள் திரும்பியும் வந்துவிட்டார். பார்த்துப் பேசினீர்களா என்றார் அருண்ராஜ். பேசினேன் என்றார். கோபப்பட்டாரா? இல்லை, சிரித்துக்கொண்டே இருந்தார். என்ன சொன்னார்? குறித்த நாளில் எல்லோரும் வந்துவிடுங்கள் என்றார். இதில் ஒரு வார்த்தைகூடப் பொய் இல்லை. மூன்றாம் நாள் ஆட்டம் போனாலும் திட்டாவது மிச்சமாயிற்று என்று அருண்ராஜ் நிம்மதியாகத் தூங்கினார்.

குறித்த நாளில் சித்தையனும் சேர்ந்து என் காரில்தான் போனோம். கனகாவுக்கு இன்னும் அண்ணனை நினைத்தால் பயம்தான், குழந்தைக்குக் குல்லா போட்டு மார்போடு அணைத்துக்கொண்டு வந்தாள். அருண்ராஜ் போனில் ஸ்கோர் பார்த்துக்கொண்டு, ஃபாலோ ஆன் என்றால் என்ன என்று எனக்கு நஞ்சன்கூடு தாண்டும்வரை விளக்கினார். நான் வண்டி ஓட்டுகிறவன், காதைப் பொத்திக்கொள்ளக் கை கிடையாது.

சாமராஜநகரில் வாசலில் பந்தல் போட்டிருந்தது. நடுக்கூடத்தில் பட்டு வேட்டி கட்டி, சந்தனம் பூசி, சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தார் நஞ்சுண்டசாமி. பக்கத்தில் ஆசாரி ஊசியைத் துடைத்துக்கொண்டிருந்தார். தட்டில் புதுக் கம்மல். சொந்தபந்தம் மொத்தமும் சுற்றி நின்றது. அருண்ராஜுக்கு அப்போதுதான் உறைத்தது, சித்தையன் அன்றைக்கு எதையும் சொல்லவில்லை என்று. திரும்பி ஓடலாம் என்றால் மாமன் அதற்குள் கையை நீட்டிக் குழந்தையை வாங்கி மடியில் வைத்தாயிற்று. கொஞ்சிக்கொண்டே குல்லாவைக் கழற்றினார்.

காதில் கடைத் தோடு மின்னியது. அருண்ராஜ் பழக்க தோஷத்தில் சித்தையனைத் திரும்பிப் பார்த்தார். சித்தையன் தூணில் சாய்ந்து வசதியாக உட்கார்ந்திருந்தார்.

"அண்ணன் கிரிக்கெட் பாக்கறதில்லீங் மாப்ள. நீங்களே வெளக்கிச் சொல்லுங்க" என்றார்.

நஞ்சுண்டசாமி கத்துவார் என்று எல்லோரும் காத்திருந்தோம். அவர் கத்தவில்லை. குழந்தையின் காதைத் தடவிப் பார்த்துக்கொண்டே இருந்தார். கண் நிறைந்துவிட்டது. "என்ற மடி உங்களுக்கு என்ன பண்ணுச்சு மாப்ள?" என்று மட்டும் கேட்டார். துக்க வீட்டில் பேசியவர், பஸ்ஸில் பேசியவர், நஞ்சன்கூடு வரை பேசியவர், அதற்கு மட்டும் விளக்கம் இல்லாமல் நின்றார். கனகாதான் போய் அண்ணன் காலைப் பிடித்துக்கொண்டு அழுதாள். ஆசாரி கடைத் தோட்டைக் கழற்றி, அதே துளையில் மாமன் எடுத்த கம்மலை மாட்டினார். குழந்தை வீறிட்டு அழுதது. தன் மடியில்தானே அழுதது, மாமனுக்கு அதில் கொஞ்சம் ஆறுதல்.

திரும்பும்போது சித்தையன் முன் சீட்டில் உட்கார்ந்தார். பின்னால் அருண்ராஜ் போனில் ஸ்கோர்கூடப் பார்க்கவில்லை. திருந்திவிட்டார் போலிருக்கிறது என்று நான் நினைத்தேன். இந்த இனம் திருந்துமா? மைசூர் எல்லை வந்ததும் பின் சீட்டிலிருந்து குரல் வந்தது. நைட் வாட்ச்மேன் என்றால் மட்டம் என்று மாமா நினைத்துவிடக் கூடாதாம். சில சமயம் அவன் நின்று ஆடி செஞ்சுரியே அடித்துவிடுவானாம்.

சித்தையன் திரும்பாமலே கேட்டார். "அடிச்சா, அடுத்த ஆட்டத்துல அவன நல்ல எடத்துல எறக்குவாங்களா?"

அருண்ராஜ் இந்த விஷயத்தில் பொய் சொல்ல மாட்டார். "இல்லீங் மாமா. திரும்பவும் கடைசிலதான்."

"அப்ப நான் இனி ஆடலீங்க" என்றார் சித்தையன். சொல்லிவிட்டுக் கண்ணாடியை இறக்கிக் காற்று வாங்கிக்கொண்டு வந்தார்.

வாசகரே, இவ்வளவு நேரம் அருண்ராஜைப் பார்த்துச் சிரித்தீர்கள், நல்லது. எனக்கு ஒன்று மட்டும் சொல்லுங்கள். உங்கள் வீட்டில் இப்படி முதலில் அனுப்பப்படுகிறவர் யார்? ஒரு முகம் சட்டென்று நினைவுக்கு வந்துவிட்டதா? அப்படியானால் அடுத்த முறை யாருக்காவது எதையாவது விளக்கும்போது உதாரணத்தைப் பார்த்து எடுங்கள். நீங்கள் அருண்ராஜ். எவ்வளவு யோசித்தும் யாருமே நினைவுக்கு வரவில்லை, எங்கள் வீட்டில் அப்படி யாரும் கிடையாது என்கிறீர்களா? நல்ல குடும்பம். போன தடவை கெட்ட செய்தி சொல்ல அவர்கள் உங்களை அனுப்பியபோது, என்ன சொல்லி அனுப்பினார்கள்?