வியர்க்காமல் நூறு மீட்டர்

குனியாமல் ஷூவுக்கு நாடா கட்ட வேண்டும். அவர் வலது காலைத் தூக்கிச் சாப்பாட்டு மேஜை மேல் வைத்தார். தலை நேராக நின்றது. கைதான் நாடாவரை எட்டவில்லை.

"என்னங்க, அது சாப்பிடற இடம்," என்றாள் மனைவி.

"குனியக் கூடாதுன்னு டாக்டர் சொல்லியிருக்கார்."

"மேஜை மேல கால் வைக்கச் சொன்னாரா?"

"அதைப் பத்தி ஒண்ணும் சொல்லலை."

அவள் வந்து நாடாவைக் கட்டிவிட்டாள். "பொண்ணு அஞ்சாம் கிளாஸ் போனதோட இந்த வேலை முடிஞ்சுதுன்னு நெனச்சேன்," என்றாள்.

தலையில் முடி நட்டு அன்றைக்கு ஒன்பதாம் நாள். நெற்றியிலிருந்து உச்சிவரை இரண்டாயிரத்துச் சொச்சம் முடிகள் நாற்று மாதிரி வரிசையாக நின்றன. கிளினிக்கில் கொடுத்த தாள் ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டியிருந்தது. இரண்டு வாரம் குனியக் கூடாது. பாரம் தூக்கக் கூடாது. வெயில் படக் கூடாது. தலையைத் துடைக்கக் கூடாது. ஒரு மாதம் வியர்க்கக் கூடாது. ஓட்டமெல்லாம் அதற்குப் பிறகு.

ஓட்டப் பந்தயம் இருபத்து நான்காம் நாள்.

"ரெண்டுல ஒண்ணைத் தள்ளிப் போட்டிருக்கலாம்ல?"

"ரெண்டும் ஒண்ணுதான்," என்றார்.

அவளுக்குப் புரியவில்லை. அவருக்கும் அதை விளக்கத் தெரியவில்லை.

முப்பது வருடங்களுக்கு முன்பு, பள்ளிக்கூடங்களுக்கு இடையே நடந்த தொடர் ஓட்டத்தில் அவர் நான்காவது ஆள். ஆள் ஒல்லி. பெயர் தீக்குச்சி. மூன்றாமவன் "பிடி!" என்று கத்திக்கொண்டே கட்டையை நீட்டுவான். சிவப்புச் சாயம் பூசிய மரக்கட்டை. கைக்கு வரும்போது சூடாக இருக்கும். மூன்று பேருடைய சூடு. பிறகு வளைவு. ஈரச் சுண்ணாம்புக் கோட்டின் வாசனை. காற்று. அந்தக் காற்றில் முடி.

ஒரு கை நீளத்தில் இரண்டாம் இடம் வந்தார்கள். அதை அவர் அவ்வளவாக நினைப்பதில்லை. கண்ணை மூடினால் தெரிவது முடி ஒன்றுதான். பிடரியில் இரண்டு சுருள், ஒவ்வொரு எட்டுக்கும் எகிறி எகிறி விழும். வளைவில் மொத்த முடியும் இடப்பக்கம் சாயும்.

இதை அப்படியே டாக்டரிடமும் சொல்லியிருந்தார்.

"பிடரியிலயா?" என்று டாக்டர் எட்டிப் பார்த்தார். "அங்க உங்களுக்கு நல்லாவே இருக்கு சார். அங்கருந்து எடுத்துத்தான் முன்னால நடப்போறோம்."

"எங்க வேணா நடுங்க. ஓடும்போது பறக்கணும். அவ்வளவுதான்."

அந்த மைதானத்தில் இப்போது புது ஓடுதளம் போட்டிருக்கிறார்கள். திறப்பு விழாவுக்குப் பழைய அணிகளைக் கூப்பிட்டிருந்தார்கள். செய்தியைச் சொன்னவன் தந்தி; அதுவும் பட்டப்பெயர்தான். அந்தக் காலத்தில் முதல் ஆளாக ஓடியவன், இப்போது பல் டாக்டர்.

"அதே நாலு பேரு, அதே எதிர் டீம், அதே வரிசைடா தீக்குச்சி," என்றான் போனில். "நீ வரலைன்னா நாங்க மூணு பேரும் ஓடி, கட்டையை யாருகிட்டடா குடுக்கறது?"

அதற்கு மேல் என்ன யோசனை?

நடக்கலாம் என்று தாளில் போட்டிருந்தது. மறுநாள் காலை வெயில் படாமல் குடை பிடித்துக்கொண்டு நடந்தார். பதினோராம் நிமிடம் நெற்றி ஈரமானது. துடைக்கக் கூடாது. அக்கம்பக்கம் பார்த்தார். ஒரு ஏ.டி.எம். அறை இருந்தது. உள்ளே ஏ.சி. குடையை மடக்க மறந்து, அதைப் பக்கவாட்டில் நுழைத்து உள்ளே போய் நின்றார். காய்வதற்குள் வெளியே ஆறு பேர் சேர்ந்துவிட்டார்கள்.

ஒருவர் கண்ணாடிக் கதவைத் தட்டினார். "சார், பணம் வரலையா?"

"வியர்வை போகலை."

"எதுவா இருந்தாலும் கேன்சல் குடுத்துட்டு வெளிய வாங்க சார்."

வீட்டுக்கு வந்ததும் கிளினிக் நர்ஸுக்குப் போன் போட்டார்.

"சிஸ்டர், நடந்தா வியர்க்குது."

"மெதுவா நடங்க சார்."

"மெதுவா நடந்து பழகினா எப்படி ஓடறது?"

"நீங்க ஓடவே கூடாதே."

"சரி. குளிர்ச்சியான இடமா பாத்து நடந்தா?"

நர்ஸ் கொஞ்சம் யோசித்தாள். "நடக்கலாம்," என்றாள்.

அந்த ஒரு வார்த்தையோடு நிறுத்திக்கொண்டாள். "எவ்வளவு குளிர்ச்சி?" என்று அவளும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.

அவர் ஒரு மருந்துக் கிடங்கில் ஸ்டோர் இன்சார்ஜ். கிடங்கின் பின்பக்கம் ஊசி மருந்துகள் வைக்கும் குளிர் அறை. ஐந்து டிகிரி. நீளம் இருபது தப்படி, அகலம் எட்டுத் தப்படி. நடுவில் அலமாரி. சுற்றி வந்தால் சின்ன மைதானம்.

பதின்மூன்றாம் நாளிலிருந்து மதியச் சாப்பாட்டு நேரத்தில் ஸ்வெட்டர் போட்டு, கழுத்தில் மஃப்ளர் சுற்றிக்கொண்டு உள்ளே போனார். ஒரு பொட்டு வியர்வை இல்லை. மூன்றாம் நாள் பழைய வெப்பநிலைத் தாள் ஒன்றைச் சுருட்டிக் கையில் பிடித்துக்கொண்டார். வெறுங்கையோடு நடப்பது என்னவோ போலிருந்தது.

ஆறாம் நாள் மேனேஜர் ஒரு வரைபடத்தோடு வந்து அவர் மேஜையில் விரித்தார்.

"இதைப் பாருங்க. தினமும் ஒண்ணு பத்துக்கு டெம்பரேச்சர் ஏறுது. ஒண்ணே முக்காலுக்கு இறங்குது. ஞாயித்துக்கிழமை மட்டும் ஏறலை. மெஷினுக்கு வார லீவு உண்டா?"

"இல்லை சார்."

"ஒன்றரை டிகிரி எங்கருந்து வருது?"

அது எங்கிருந்து வருகிறது என்று அவருக்குத் தெரிந்தது. முப்பத்தேழு டிகிரி உள்ள ஓர் உடம்பு வேகமாக நடந்தால் வரும். "ஆளை வரச் சொல்லிப் பாத்துடலாம் சார்," என்றார்.

சொல்லிவிட்டு மறுநாளும் உள்ளே போனார். மெக்கானிக் ஐந்து மணிக்குத்தான் வருவான் என்று நினைத்திருந்தார். அவன் ஒன்றேகாலுக்கு வந்து கதவைத் திறந்தான். அலமாரியைச் சுற்றிக்கொண்டு, ஸ்வெட்டரும் மஃப்ளருமாக, தலையெல்லாம் சிவப்புப் புள்ளியோடு, சுருட்டிய தாளை நீட்டியபடி ஓர் உருவம் அவனை நோக்கி வந்தது.

"ஐயோ!" என்றான் மெக்கானிக்.

"கத்தாதீங்க. நான் இங்க இன்சார்ஜ்."

"எதுக்கு?"

அதற்குப் பதில் சொல்லாமல் உண்மையைச் சொன்னார். மெக்கானிக் அவர் தலையை நிமிர்ந்து பார்த்தான்.

"முடியா? எங்க?"

"வரும்."

மெக்கானிக் நல்லவன். கதவு ரப்பர் போய்விட்டது, அதனால்தான் சூடு ஏறுகிறது என்று மேனேஜரிடம் சொல்லிவிட்டான். மேனேஜர் அன்று மாலையே புது ரப்பர் போடச் சொன்னார். போட்டார்கள். அருமையான ரப்பர். இருபதாம் நாள் ஒன்று பத்துக்கு அவர் உள்ளே போனதும் கதவு பச்சென்று ஒட்டிக்கொண்டது. உள்பக்கக் கைப்பிடியில் தொங்கிப் பார்த்தும் அசையவில்லை. உள்ளே போனில் சிக்னல் கிடையாது. தட்டினார். எல்லோரும் சாப்பிடப் போயிருந்தார்கள்.

பத்து நிமிடத்தில் பல் கிடுகிடுத்தது. கால் மணியில் விரல் மரத்தது. நடந்தால் போதவில்லை. இனி ஒரே வழிதான்.

ஓடினார்.

முதல் சுற்றில் முழங்கால் முனகியது. மூன்றாம் சுற்றில் காலுக்குப் பழசெல்லாம் ஞாபகம் வந்துவிட்டது. அலமாரி முனை வளைவானது. மருந்துப் பெட்டிகள் வேலியோரம் நின்ற பையன்களாயின. சாக்பீஸ் பொடி பூசி வெளுத்த கேன்வாஸ் ஷூ, முதுகில் ஊசி குத்தி மாட்டிய எண் துணி, முதல் விசிலுக்கு முன்னால் வரும் அந்த ஒரு கணம். "பிடி!" என்று அவரே சொல்லிக்கொண்டார். கதவு எப்போது திறக்கும் என்பதை மறந்துவிட்டார். உண்மையைச் சொன்னால், திறந்தபோது வருத்தப்பட்டார்.

வாசலில் மேனேஜர். அவர் பின்னால் மூட்டை கட்டும் ஆட்கள் நால்வர்.

"சார், இன்சார்ஜ் தலை புகையுது," என்றார் ஒருவர்.

உண்மைதான். வியர்த்த தலையிலிருந்து அந்தக் குளிரில் ஆவி எழும்பிக்கொண்டிருந்தது.

மேனேஜர் வரைபடத்தைப் பார்த்தார். அவரைப் பார்த்தார். "இதுதானா அந்த ஒன்றரை டிகிரி?" என்று மட்டும் கேட்டார்.

மறுநாள் காலை தலையணை உறையில் முடி. குட்டிக் குட்டியாக, நட்ட முடி. எண்ண ஆரம்பித்து நாற்பத்தாறில் நிறுத்தினார்.

"போன மாசம் பொண்ணு பூனை கேட்டா. தலைகாணியெல்லாம் முடியாகும்னு வேணாம்னீங்க," என்றாள் மனைவி. அவர் முகத்தைப் பார்த்ததும் பக்கத்தில் உட்கார்ந்தாள். "சரி விடுங்க. எனக்கென்னவோ இப்படியும் நல்லாத்தான் இருக்கீங்க."

"உனக்குத் தெரியாது. நீ அப்ப என்னைப் பாத்ததில்லை."

நர்ஸுக்குப் போன் போட்டார்.

"சிஸ்டர், எல்லாம் போச்சு. நான் ஓடிட்டேன். முடி கொட்டுது."

"ஓடினீங்களா? எதுக்கு சார்?"

"குளிருச்சு."

அவள் பொறுமையாகச் சொன்னாள். "கொட்டறதுக்கு ஓட்டம் காரணமில்லை சார். மூணாவது வாரத்துல நட்ட முடி விழத்தான் செய்யும். வேர் உள்ளதான் இருக்கு. மூணு நாலு மாசத்துல முளைக்க ஆரம்பிக்கும். நல்லா வர ஒரு வருஷம் ஆகும். தாள்ல பின்பக்கம் எழுதியிருக்கே."

தாளின் பின்பக்கம் ஃபிரிட்ஜைப் பார்த்துக்கொண்டிருந்தது.

"ஞாயித்துக்கிழமை பறக்கணுமே சிஸ்டர்."

"ஞாயித்துக்கிழமை நடந்து போயிட்டு நடந்து வாங்க. அதுக்கு முன்னாடி டாக்டர்கிட்ட தலையைக் காட்டிடுங்க."

டாக்டர் பார்த்தார். புண் இல்லை, சீழ் இல்லை, தப்பித்தீர்கள் என்றார். ஓடக் கூடாது. அழுத்தாத தொப்பி போடலாம். வீட்டில் இருந்த ஒரே அழுத்தாத தொப்பி மனைவியுடையது. அகல விளிம்பு, ஊதா ரிப்பன்.

ஞாயிற்றுக்கிழமை மைதானத்தில் தந்தி அவரைத் தூரத்திலேயே பார்த்துவிட்டான்.

"டேய், ஓட வந்தியா, நாத்து நட வந்தியா?"

"நட்டாச்சு," என்று அவர் தொப்பியைத் தூக்கினார்.

மூவரும் சுற்றி நின்று பார்த்தார்கள். சிரிப்பார்கள் என்று எதிர்பார்த்தார். யாரும் சிரிக்கவில்லை. இரண்டாம் ஆளுக்கு இரண்டு மடங்கு இடுப்பு. மூன்றாம் ஆளின் காதில் ஒரு கருவி இருந்தது. ஆளுக்கொன்று போயிருந்தது.

"நீ ஓடாதே," என்றான் தந்தி. "கடைசி நூறை நடந்தே முடி. நாங்க மூணு பேரும் முன்னாலயே ஓடி உனக்கு நேரம் சேத்து வெக்கறோம்."

சேர்த்து வைக்கவில்லை. தந்தி பாதியில் விலாவைப் பிடித்துக்கொண்டான். இரண்டாமவன் கட்டையை வாங்கிக்கொண்டு, "இரு, வரேன்," என்று கொஞ்சம் நின்றான். மூன்றாமவன் சிரித்துக்கொண்டே வந்தான். நல்ல வேளை, எதிர் அணியும் அதே லட்சணம்தான். இரண்டு கட்டைகளும் ஒரே நேரத்தில் வந்தன.

"பிடி!"

கட்டை சூடாக இருந்தது. நடந்தார்.

எதிர் அணி ஆள் இந்நேரம் வளைவைத் தாண்டியிருப்பான் என்று நினைத்தார். அப்படி இல்லை. பக்கத்திலேயே இன்னொருவரும் நடந்துகொண்டிருந்தார். தலை முழுக்க மழித்து, பளபளவென்று இருந்தது.

"நீங்க ஓடலையா?" என்றார் தீக்குச்சி.

"முட்டி. நீங்க?"

"தலை."

"தலையாலயா ஓடுவீங்க?"

மேடைப் பக்கமிருந்து மனைவியின் குரல் கேட்டது. "என்னங்க, வியர்க்குதா?"

"இல்லை!" என்று கையைத் தூக்கினார். கூட்டம் கைதட்டியது.

வளைவு வந்தது. புதுத் தளத்தில் சுண்ணாம்பு வாசனை இல்லை. ஆனால் காற்று அதே காற்று. அவர் தொப்பியைக் கழற்றிக் காண்பித்தார். முன்பின் தெரியாத ஆளிடம் மனசு திறந்துகொண்டது.

"இப்ப ஒண்ணும் தெரியாது. ஒரு வருஷம் கழிச்சு வாங்க. இதே வளைவு. அன்னிக்குப் பறந்த மாதிரியே பறக்கும்."

"எப்படிப் பறந்துச்சு?"

"பிடரியில ரெண்டு சுருள். ஒவ்வொரு எட்டுக்கும் எகிறும். வளைவுல எல்லாம் ஒண்ணா இடது பக்கம் சாயும். கடைசி இருபது மீட்டர்ல நுனியிலேருந்து வியர்வை தெறிச்சுது, வெயில்ல மின்னுச்சு. ஒரு கை நீளம்தான். கையை நீட்டினா தொட்டிருக்கலாம். முப்பது வருஷமா கண்ணை மூடினா அதுதான் தெரியுது. அந்த முடிக்காகத்தாங்க இவ்வளவும்."

மழித்த தலைக்காரர் நின்றுவிட்டார். கட்டையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, தன் வெறும் பிடரியை ஒரு முறை மெல்லத் தடவினார்.

"அன்னிக்கு உங்க நாலு பேருக்கும் ஒட்ட வெட்டின தலைங்க," என்றார். "நீங்க முப்பது வருஷமா பாத்துட்டிருக்கறது என் முடியை."