வாழ்த்து மடலில் நாலாவது வரி

மாலை ஐந்து மணிக்குக் கூட்டம். மூன்றரைக்குத்தான் வாழ்த்து மடல் அச்சாகி, கண்ணாடிச் சட்டத்தோடு வந்தது. நாலாவது வரியில் 'munificence' என்ற சொல்லில் ஐசக் நின்றுவிட்டார்.

டென்மார்க்கிலிருந்து ஓசூருக்கு வந்து வைத்தியம் பார்த்த டாக்டரம்மா ஊர் திரும்புகிறார். அவருக்குத் தமிழ் நன்றாக வரும். ஆனால் வெள்ளைக்காரருக்கு இங்கிலீஷில் நன்றி சொல்வதுதான் மரியாதை என்று சபைக் கமிட்டி முடிவு செய்திருந்தது. படிக்கும் வேலையை ஐசக் கேட்டு வாங்கியிருந்தார். பிரசவத்தில் அவர் மனைவி சாராளுக்குத் தன் ரத்தத்தையே கொடுத்தவர் டாக்டரம்மா.

"இந்த வார்த்தைய எப்படிப் படிக்கறது நாராயணப்பா?"

அச்சகக்காரர் உற்றுப் பார்த்தார். "நாங்க அச்சு எழுத்து கோக்கறவங்க சார், படிக்கறவங்க இல்ல. எந்த ஊர்ல கேட்டாலும் இதே மடல்தான். பேர மட்டும் மாத்துவோம். யாரும் கொற சொன்னதில்ல."

"வேற வார்த்தை போடலாமா?"

"கண்ணாடி போட்டாச்சே."

ஐசக் தபாலாபீசுக்கு ஓடினார்.

"முனிஃபைசன்ஸ்" என்றார் போஸ்ட்மாஸ்டர் கோவிந்தப்பன்.

அவர் சொன்ன வேகம் சந்தேகம் தந்தது. ஐசக் இங்கிலீஷ் வாத்தியார் ஜெபராஜிடம் போனார்.

"மியூனிஃபிக்கன்ஸ்."

"போஸ்ட்மாஸ்டர் வேற மாதிரி சொன்னாருங்க."

"அந்தாளுக்கு ஸ்டாம்பு ஒட்டத்தான் தெரியும். மொத வரிசையில உக்காந்து கேக்கறேன், நீ எப்படிப் படிக்கறேன்னு."

இது தபாலாபீசை எட்டியது. போஸ்ட்மாஸ்டரும் முதல் வரிசையில் நாற்காலி போடச் சொன்னார்.

ஐசக் வீட்டுக்கு வந்தார். "சாராளு, நாலாவது வரி வரப்ப பாப்பாவக் கிள்ளிடு. அது அழற சத்தத்துல தாண்டிடறேன்."

"அவங்க பொழைக்க வெச்ச புள்ளய அவங்க முன்னாடியே கிள்ளறதா? நல்லா இருக்குது உங்க நன்றி!"

"ஒரே ஒரு கிள்ளு."

சாராள் குழந்தையைத் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டாள்.

கூட்டத்தில் மூன்று வரிகள் நன்றாகவே போயின. நாலாவதில் ஐசக் மனைவியைப் பார்த்தார். அவள் கை குழந்தையின் தொடைவரை போயிற்று. குழந்தை வாய் திறந்து தூங்கிக்கொண்டிருந்தது. கை திரும்பிவிட்டது.

முதல் வரிசையில் இரண்டு தலைகள் முன்னால் நீண்டன. ஐசக்கின் கண் கலங்கியது.

"பாவம், நன்றியில தொண்ட அடைச்சிடுச்சு" என்றாள் பின்வரிசையிலிருந்த மங்கம்மா.

அதுவும் பொய்யில்லை.

அப்போது டாக்டரம்மா நாற்காலியிலிருந்தே மெல்ல எடுத்துக் கொடுத்தார்: "மூனிஃபிசேன்சி."

போஸ்ட்மாஸ்டர் சொன்னதும் அல்ல, வாத்தியார் சொன்னதும் அல்ல. ஐசக் அப்படியே திருப்பிச் சொன்னார். வெள்ளைக்கார வாயிலிருந்து வந்த சொல். இரண்டு பேரும் கை தட்டினார்கள்.

ஐசக் மடலை நீட்டினார். "காப்பாத்திட்டீங்கம்மா. அன்னிக்கும், இன்னிக்கும்."

டாக்டரம்மா குனிந்து, அவருக்கு மட்டும் கேட்கும்படி சொன்னார்:

"முன்னாடி கல்லாவி ஊர்லயும் எனக்கு இதே மடல இப்படித்தான் படிச்சாங்க, அதத்தான் சொன்னேன். எங்க நாட்டுல இங்கிலீஷ் பேசறதில்ல. அந்த வார்த்தைக்கு என்ன அர்த்தம், ஐசக்?"